சொற்பட்டியலை வைத்து இரு மொழிகள் பிரிந்த காலம்: 2,365 ஆண்டா, 1,182 ஆண்டா?

சொல்லேடு:
மொழியும் காலமும் பற்றிய ஆய்வுகளுக்கான ஒரு விருதுக்குக் கட்டுரை தயாராகிறது. மொழிகளை ஒப்பிடச் சுவாடெஷ் என்ற மொழியியலாளர் தொகுத்த 100 அடிப்படைச் சொற்களின் பட்டியலில் தமிழையும் கன்னடத்தையும் ஒப்பிட்டதில், முதல் சுற்றில் 70 சொற்கள் ஒரே மூலத்திலிருந்து வந்த இனச்சொற்களாகத் தேறின. ஆயிரம் ஆண்டுக்கு 86% சொற்கள் நிலைக்கும் என்ற அளவை வைத்தால் 2,365 ஆண்டு வருகிறது. சரிபார்த்தவரோ 1,182 என்கிறார். எதைக் கட்டுரையில் போடலாம்?

மடக்கை:
கணக்கில் 1,182தான் சரி. 2ஆல் வகுக்க விட்டுவிட்டீர்கள். பிரிந்த பிறகு தமிழும் சொற்களை இழக்கிறது, கன்னடமும் தனியாக இழக்கிறது. அதனால் வாய்பாடு (மடக்கை என்றால் log): காலம் = மடக்கை(0.70) ÷ (2 × மடக்கை(0.86)). விடை 1.182, அலகு ஆயிரம் ஆண்டு. மடக்கையின் அடிமானம் எதுவானாலும் விடை மாறாது.

ஆனால் 1,182 என்று கடைசி இலக்கம்வரை எழுதாதீர்கள். 100 சொல்லில் 70 என்றால் திட்டப்பிழை (தற்செயலாக நேரக்கூடிய ஏற்ற இறக்கத்தின் அளவு) √(0.7 × 0.3 ÷ 100), அதாவது ஏறத்தாழ 4.6 சொல். அந்த ஒரு படி ஏற்ற இறக்கத்திலேயே விடை 970 முதல் 1,410 வரை போகிறது. ஒரே ஒரு சொல்லில் உங்கள் தீர்ப்பு மாறி 71 ஆனால், 47 ஆண்டு குறைந்துவிடும்.

வேர்ச்சொல்:
கணக்கைவிடப் பட்டியலில்தான் கோளாறு அதிகம் வரும். மூன்று இடங்களைத் திரும்பப் பாருங்கள்.

முதலில், ஒலி ஒத்துப்போகாததால் தள்ளியவை. ‘பெயர்’, ‘ஹெசரு’ இரண்டும் காதுக்கு வேறு வேறாகக் கேட்கும், ஆனால் இனச்சொற்களே. சொல் முதலில் வரும் பகரம் கன்னடத்தில் ஹகரமாகும் (பல் – ஹல்லு, புலி – ஹுலி). நடுவில் நமக்கு யகரம் வரும் இடத்தில் அங்கே சகரம் வரும் (உயிர் – உசிரு). ஒரு மாற்றத்துக்கு வேறு சொற்களிலும் சான்று இருந்தால் சேருங்கள். வெறும் ஒலிச்சாயலை நம்பிச் சேர்க்காதீர்கள்.

அடுத்து ‘காது’. கன்னடத்தில் ‘கிவி’. நம்மிடம் ‘செவி’ இருக்கிறதே என்று அதை எடுத்துப் போடும் ஆசை வரும், அவை இனச்சொற்கள்தாம். ஆனால் பட்டியல் கேட்பது இன்று எல்லாரும் சாதாரணமாகச் சொல்லும் சொல்லை. பேச்சில் ‘காது’தான். எனவே அந்த வரிக்குப் பூச்சியம்.

மூன்றாவது, கடன்சொல். ‘இரத்தம்’, ‘ரக்த’ இரண்டும் வடமொழியிலிருந்து வந்தவை. இதை இனச்சொல்லாக எண்ணியிருந்தால் மொழிகள் உண்மையில் இருப்பதைவிட நெருங்கித் தெரியும், காலம் குறைந்துவிடும். அந்த 70இல் இப்படி 5 இருந்து, அவற்றை நீக்கினால் 65 ÷ 95. அப்போது விடை 1,258. தொகுதியில் கழித்துவிட்டுப் பகுதியை 100ஆகவே விடுவது பலரும் செய்யும் பிழை.

சொல்லேடு:
நன்றி. ‘இரத்தம்’ இடத்தில் ‘குருதி’ போடலாமா?

வேர்ச்சொல்:
வேண்டாம், அதுவும் ‘செவி’ கதைதான். சுவையான செய்தி ஒன்று: கன்னட ‘நெத்தரு’, தெலுங்கு ‘நெத்துரு’ ஆகியவற்றின் உறவுச்சொல் நம் பழந்தமிழில் ‘நெய்த்தோர்’ என்று இருக்கிறது. அந்த வரியில் தமிழ் பழைய சொல்லை இழந்துவிட்டது என்பதற்கு அதுவே சாட்சி. அடிக்குறிப்பில் எழுதுங்கள், எண்ணிக்கையில் சேர்க்காதீர்கள்.

கல்வெட்டு:
ஒரு அடிப்படைச் சிக்கலை யாரும் சொல்லவில்லை. 1,182 ஆண்டு என்றால் பிரிவு கி.பி. 9ஆம் நூற்றாண்டில் விழும். கர்நாடகத்தின் ஹல்மிடிக் கல்வெட்டு பொதுவாக 5ஆம் நூற்றாண்டு என்று கொள்ளப்படுகிறது, அதன் மொழி கன்னடம். தமிழ் பிராமிக் கல்வெட்டுகள் அதற்கும் பல நூற்றாண்டு முந்தியவை. பிரியாத மொழிக்கு இரண்டு தனிக் கல்வெட்டு மரபு எப்படி இருக்கும்? 1,410ஐ எடுத்தாலும் 7ஆம் நூற்றாண்டுதான். ஆகவே கோளாறு அந்த ஒரு படி ஏற்ற இறக்கத்தில் அடங்கவில்லை, 86% என்ற அளவிலேயே இருக்கிறது.

கதிரியக்கக் கரிமம் எங்கும் ஒரே வேகத்தில் சிதையும், சொற்கள் அப்படி மறைவதில்லை. 1962இல் மொழியியலாளர்கள் பெர்க்ஸ்லாந்தும் வோக்டும் இதைத்தான் காட்டினார்கள்: ஐஸ்லாந்து மொழி மிக மெதுவாக மாறியிருந்தது, கிழக்குக் கிரீன்லாந்து மொழியோ மிக வேகமாக. கூடவே, பிரிந்த பிறகும் அக்கம்பக்கத்தில் புழங்கும் மொழிகள் ஒன்றையொன்று தொற்றிக்கொண்டே இருக்கும், அதுவும் காலத்தைக் குறைத்துக் காட்டும்.

வேகம் கிளைக்குக் கிளை மாறலாம் என்று அனுமதிக்கும் பேயெஸ் முறைகள் (நிகழ்தகவை வைத்துக் கணிப்பவை) இருக்கின்றன. 20 திராவிட மொழிகளை வைத்து 2018இல் வந்த ஆய்வு, குடும்பத்தின் வயதை ஏறத்தாழ 4,500 ஆண்டு என்றது. அதன் 95% வரம்பு 3,000 முதல் 6,500 வரை. அந்த அகலத்தைப் பாருங்கள்!

கட்டுரையில் ஆண்டைத் தலைப்புச் செய்தி ஆக்காதீர்கள். 100 வரிக்கும் உங்கள் தீர்ப்பையும் காரணத்தையும் அட்டவணையாக இணையுங்கள். தெலுங்கையும் மலையாளத்தையும் அதே விதிகளின்படி எண்ணி, எது எதற்கு நெருக்கம் என்ற வரிசையைக் காட்டுங்கள். 86% அளவு பிழையாக இருந்தாலும் அந்த வரிசை அதனால் மாறாது. கல்வெட்டுக் காலத்தைக் கீழெல்லையாக, ‘இதற்குப் பிந்திப் பிரிந்திருக்க முடியாது’ என்று தனியாகக் குறிப்பிடுங்கள்.