எழும்பூர்க் கண்ணாஸ்பத்திரி உலகில் இரண்டாவதா?

நகரிவாசி:
எங்கள் நகரிப் பக்கத்து நெசவாளர் வீடுகளில், கண்ணுக்கு ஏதாவது வந்தால் எழும்பூர்க் கண்ணாஸ்பத்திரியின் பெயரைத்தான் முதலில் சொல்வார்கள். என் பாட்டிக்கு ஐம்பதுகளின் தொடக்கத்தில் அங்கேதான் புரை எடுத்தார்கள். தலைக்கு இருபுறமும் மணல் மூட்டை வைத்து, திரும்பிக்கூடப் படுக்கவிடாமல் பல நாள் கிடத்தியிருந்ததைக் கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார். அது உலகிலேயே இரண்டாவது பழைய கண் மருத்துவமனை என்கிறார்களே, உண்மைதானா? மாநில எல்லையைத் தாண்டி அங்கே போகும் பழக்கம் எப்படி வந்தது?

புத்தூரான்:
அன்றைக்குத் தாண்டுவதற்கு எல்லையே கிடையாது, ஐயா. 1953இல் ஆந்திர மாநிலம் பிரியும்வரை சித்தூர் மாவட்டம் சென்னையோடுதான் இருந்தது. ஏகாம்பரகுப்பத்தில் ரயில் ஏறினால் அரக்கோணம் வழியாகப் பட்டணம் போய்ச் சேரலாம்.

மருத்துவமனையைக் கிழக்கிந்தியக் கம்பெனியார் 1819இல் ராயப்பேட்டையில் தொடங்கினார்கள். முதல் தலைவர் ராபர்ட் ரிச்சர்ட்சன். எழும்பூருக்கு அது வந்தது 1884இல். லண்டன் மூர்ஃபீல்ட்ஸ் மருத்துவமனை 1805இல் தோன்றியதால் அதற்கு அடுத்தது இதுதான் என்று பலரும் எழுதிவிடுகிறார்கள். ஆனால் இங்கிலாந்திலேயே எக்ஸெடரில் 1808இலும் பிரிஸ்டலில் 1810இலும் கண் மருத்துவமனைகள் வந்துவிட்டன. ஆகவே உலகில் இரண்டாவது என்பது நிற்காது. ஆசியாவிலேயே மிகப் பழையவற்றுள் ஒன்று என்று சொல்வதே சரி.

சித்தூர் கண்பணியாளர் (ஓய்வு):
வயதைக் காட்டிலும் அங்கு நடந்த வேலைதான் பெரிது என்பது என் எண்ணம். 1904 முதல் அங்கே கண்காணிப்பாளராக இருந்த ராபர்ட் ஹென்றி எலியட், கண்ணில் நீரழுத்தம் ஏறிப் பார்வையைக் குடிக்கும் நோய்க்கு, கருவிழியும் வெள்ளைவிழியும் சேரும் ஓரத்தில் சிறு வட்டத்துளை இட்டு, உள்ளே தேங்கும் நீரை மேல்சவ்வின் அடியில் வடியச் செய்யும் அறுவை முறையை 1909 வாக்கில் வகுத்தார். அது பல நாடுகளுக்கும் பரவிப் பல பத்தாண்டுகள் புழங்கியது. அவர் பெயரில் வளாகத்திலேயே ஓர் அருங்காட்சியகம் உண்டு. பின்னாளில், 1948இல், முத்தையா அங்கே கருவிழி மாற்று அறுவையும் செய்தார்.

மணல் மூட்டைக்கு வருகிறேன். அந்தக் காலத்தில் புரை எடுத்த வெட்டுக்குப் பெரும்பாலும் தையல் போடுவதில்லை. அது தானாகக் கூடவேண்டும். இருமினாலோ தலையைத் திருப்பினாலோ வெட்டு வாய் பிளந்துவிடும். உள்ளே வைக்க லென்சும் கிடையாது. பாட்டியார் அதன்பின் தடித்த கண்ணாடி போட்டிருப்பாரே?

நகரிவாசி:
ஆம், ஐயா, சோடாபுட்டிக் கண்ணாடி. அதைப் போட்டுக்கொண்டால் எதிரே இருப்பவர் பெரிதாகி அருகில் வந்து நிற்பதுபோல் தெரிகிறது என்பார். தறியில் அறுந்த இழையை எடுக்கப் போனால் கை முன்னாலேயே நின்றுவிடுமாம். பாட்டியின் கை தளர்ந்துவிட்டது என்றே நாங்கள் நினைத்திருந்தோம்.