கதைக்காக ஒரு தறி சந்தேகம், நெசவு தெரிஞ்சவங்க சொல்லுங்க

வணக்கம், பகல்ல நெய்ததை ராத்திரி பிரிச்சே 3 வருஷம் ஓட்டுன பெனிலோப்பி (பழைய கிரேக்கக் காவியம் ஒடிசில வர்ற ராணி) மாதிரி ஒரு பொண்ண வச்சு கதை எழுதுறேன். அந்தக் கால கிரேக்கத் தறில பாவு (நீளவாக்குல ஓடுற நூல்) மேல இருந்து தொங்கும், நூல் நுனில களிமண் குண்டு கட்டியிருக்கும், நின்னுக்கிட்டே நெய்யணும், ஊடைய (குறுக்க கோக்குற நூல்) மேல்பக்கமா தட்டணும், இதுவரைக்கும் படிச்சு புரிஞ்சுக்கிட்டேன்.

பிரிக்கிறதுதான் புரியல. கம்பளி ஊடைய உருவுனா முடி எழும்பி பாழாகுமா, அதே நூல மறுபடி நெய்யலாமா, பாவு தேயுமா? ஒரு பகல் வேலைய விளக்கு வெளிச்சத்துல பிரிக்க எவ்ளோ நேரமாகும்? குண்டுங்க மோதி சத்தம் கேக்குமா (பக்கத்து ரூம்ல ஆள் தூங்குறாங்க, அதான் முக்கியம்)? பறக்கும் நாடா (கயித்த இழுத்தா ஊடைய குறுக்க ஓட்டுற கருவி) வந்ததே 1733லதான், அதனால கையாலயே ஊடை கோத்து நெய்தவங்க அனுபவம் கிடைச்சா ரொம்ப உதவியா இருக்கும். தப்பா எழுதிடக்கூடாதுன்னு பயமா இருக்குங்க.