எஸ்தோனிய நெறியாளர் லெய்டா லாயுஸ்: எந்தப் படத்திலிருந்து தொடங்குவது?

வாவிக்கரை வாசகி எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். மட்டக்களப்பு, கல்லடியில் நாங்கள் சிலர் மாதம் ஒரு படம் பார்த்து, பார்த்த பின் இருந்து பேசுகின்ற சிறிய வட்டம் ஒன்றை நடத்தி வருகிறோம். வருகின்ற மூன்று மாதங்களும் எஸ்தோனிய நெறியாளர் லெய்டா லாயுஸின் படங்களைக் காட்டுவதென முடிவாகி, அறிமுகக் குறிப்பு எழுதும் பொறுப்பு என்னிடம் தரப்பட்டிருக்கிறது.

நான் இதுவரை திரட்டியவற்றைச் சுருக்கமாகத் தருகிறேன். லாயுஸ் 1923 மார்ச் 26ஆம் திகதி ரஷ்யாவின் லெனின்கிராட் பகுதியில் எஸ்தோனியக் குடும்பமொன்றில் பிறந்தவர். நாடகம் பயின்று, 1950களின் முற்பகுதியில் எஸ்தோனியத் தலைநகர் தாலினின் நாடக அரங்கில் நடிகையாக இருந்த பின்னர், மொஸ்கோவின் அரச திரைப்படக் கல்லூரியில் நெறியாள்கை கற்று, பட்டப்படிப்புக்கான குறும்படத்தை 1962இல் முடித்தார். அதன் பின் அவருடைய வாழ்க்கை முழுவதும் தாலின்ஃபிலிம் என்ற அரச கலையகத்தோடு பிணைந்திருக்கிறது. முழுநீளக் கதைப்படங்கள் ஆறு: ‘மாய்குலாவின் பால்காரர்’ (1965), ‘ஓநாய்ப்பெண்’ (1968), ‘உக்குவாரு’ (1973), ‘கொர்போயாவின் எசமான்’ (1979), ஆர்வோ இஹோவுடன் இணைந்து நெறியாண்ட ‘இனியாவது சிரியேன்’ (1985), ‘களவாடிய சந்திப்பு’ (1988). 1996 ஏப்ரல் 6ஆம் திகதி தாலினில் காலமானார்.

முதல் நான்கு படங்களிலும் பண்ணைகள், காடுகள், பழைய கிராமங்கள். இறுதி இரண்டிலும் சிறுவர் இல்லம், சிறையிலிருந்து திரும்பும் பெண், அடுக்குமாடி வீடுகள். பார்க்கும்போது இரண்டு வெவ்வேறு நெறியாளர்கள் போலத் தெரிகிறது. “இலக்கியத் தழுவல்களில் தொடங்கி, இறுதியிலேயே தன் காலத்தைப் பேச வந்தவர்” என்று குறிப்பில் எழுதினால் அது பொருந்துமா? இருபத்துமூன்று ஆண்டுகளில் ஆறு படங்கள் மட்டுமே என்பதற்குக் காரணம் என்ன? மூன்று படங்களைத்தான் காட்ட முடியும் என்றால் எவற்றைத் தெரிவு செய்வீர்கள்?

---

கூத்துக்களரி எழுதியது:

வணக்கம் மகள். கடைசிக் கேள்விக்கு முன் காரணங்களைப் பேசிவிடுவோம்.

தாலின்ஃபிலிம் ஆண்டொன்றுக்கு மூன்று நான்கு கதைப்படங்களை மட்டுமே எடுத்த கலையகம். எஸ்தோனியா அன்று சோவியத் ஒன்றியத்துக்குள் இருந்ததால், ஒவ்வொரு திரைக்கதையும் தாலினில் ஏற்கப்பட்ட பின்னரும் மொஸ்கோவிலிருந்த அரச திரைப்படக் குழுவின் ஒப்புதலைப் பெற வேண்டியிருந்தது. முடிந்த படமும் அதே வழியே போய்த்தான் திரைக்கு வந்தது. அந்த வரிசையில் ஒரு நெறியாளருக்கு ஐந்தாறு ஆண்டுகளுக்கு ஒரு முறை இடம் கிடைப்பது வழக்கத்துக்கு மாறானதல்ல. இடைப்பட்ட காலத்தில் அவர் சும்மா இருக்கவில்லை. 1975இல் மனிதப் பிறப்பைப் பற்றியும் 1976இல் குழந்தைப் பருவத்தைப் பற்றியும் ஆவணப்படங்கள் எடுத்தார். இந்த இரண்டையும் உங்கள் குறிப்பில் விட்டுவிடாதீர்கள், ஏனென்றால் நான் சொல்லப் போவது இவற்றைச் சார்ந்தது.

பத்து இலட்சத்தை ஒட்டிய மக்கள் பேசும் ஒரு மொழியில், எல்லாக் கதைகளும் மேலிடத்தின் பார்வைக்குப் போகும் ஒரு காலத்தில், எல்லோரும் படித்த நாவலை எடுத்துக் கொள்வது ஒரு பாதுகாப்பு. எட்வார்ட் வில்டேயின் நாவலான ‘மாய்குலாவின் பால்காரர்’ ஜெர்மானியப் பண்ணைப் பிரபு ஒருவன் தன் கூலியாளின் மனைவிக்காகப் பால் குத்தகையை விலையாகக் கொடுக்கும் கதை என்பதால், நிலப்பிரபுத்துவத்தைச் சாடுவதாகச் சொல்லி எவரிடமும் அனுமதி வாங்கலாம். ஆனால் லாயுஸ் பார்ப்பது பேரம் பேசும் இரண்டு ஆண்களையும், பேரப் பொருளாகி நிற்கும் மாரி என்ற பெண்ணையும்தான்.

‘ஓநாய்ப்பெண்’ படத்தைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன், ஏனெனில் அது மூலத்தில் நாடகம், நானும் நாடகத்தோடு வாழ்ந்தவன். ஆகுஸ்ட் கிட்ஸ்பெர்க் எழுதிய அந்த நாடகத்தை அறியாத எஸ்தோனியர் அரிது. சூனியக்காரி எனக் குற்றஞ்சாட்டிக் கொல்லப்பட்ட தாயின் மகளான டீனாவை ஒரு விவசாயக் குடும்பம் எடுத்து வளர்க்கிறது. வீட்டு மகன் மார்குஸ் அவள் மீது அன்பு கொள்ள, அதே வீட்டில் வளரும் மாரி பொறாமையால் அவளை ஓநாயாக மாறுபவள் என்று சொல்லிவிடுகிறாள். அந்த ஒரு சொல் போதுமானதாகிவிடுகிறது. எங்கள் ஊர்களிலும் ஒரு பெண்ணின் மேல் செய்வினைப் பழி விழுந்தால், அதை அவளே பொய்யென நிறுவ வழியில்லை. ஊர் வாய் மூடாது. நாடகம் முன்னோக்கி நடக்க, லாயுஸ் அதை நினைவுகளாகச் சிதறடித்து, டீனாவை இழந்த மார்குஸின் மனத்துக்குள்ளிருந்து சொல்கிறார். டீனாவாக வரும் ஏனே ராம்மெல்டின் முகத்தைக் கமரா விட்டு விலகுவதில்லை. ஊர் ஒன்றுபட்டு நிற்பதற்காக ஒருத்தி வெளியே தள்ளப்படுகிறாள் என்ற இந்தக் கதை 1968இல் திரைக்கு வந்தது. “தன் காலத்துக்கு வராதவர்” என்று அதற்குப் பின்னும் எழுத முடியுமா?

இன்னொன்று. ‘இனியாவது சிரியேன்’ படமும் நாவலைத் தழுவியதே. சில்வியா ரன்னமாவின் இளையோர் நாவல் அதற்கு அடிப்படை. ஆகவே தழுவல் என்ற கோடு அங்கே விழாது. டீனா பிறர் வீட்டில் வளர்ந்த பிள்ளை. கடைசிப் படத்தின் சிறுவனும் பிறர் வீட்டில் வளரும் பிள்ளை. இடையில் பிறப்பு பற்றியும் குழந்தைப் பருவம் பற்றியும் ஆவணப்படங்கள். பெற்றவளிடம் இல்லாத பிள்ளைக்கு உலகம் எந்த இடத்தைக் கொடுக்கிறது என்ற ஒரே கேள்வியை அவர் இருபது ஆண்டுகளாக விடாமல் கேட்டிருக்கிறார் என்பது என் வாசிப்பு.

---

அக்கரைப்பற்று வாசகன் எழுதியது:

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம். கூத்துக்களரி ஐயா சொல்வதில் பெரும்பகுதியை ஏற்கிறேன். ஆனால் ‘உக்குவாரு’ அந்த வாசிப்புக்குள் அடங்காது. வேரா சாரின் நாவலிலிருந்து வந்த அந்தப் படத்தில் மின்னா என்ற பெண் வசதியான மாப்பிள்ளையை வேண்டாமென்று சொல்லி, இசைக்கருவி வாசிக்கும் ஏழையான அக்செலைக் கணவனாகத் தெரிவு செய்து, காட்டின் நடுவே உக்குவாரு என்ற இடத்தில் தன் கையால் ஒரு குடியிருப்பை உண்டாக்குகிறாள். போரும் ஆட்சி மாற்றங்களும் அந்த வாசல்வரை வந்தும் அவள் இடத்தை விடுவதில்லை. எங்கள் பக்கத்தில் காடு வெட்டிக் குடியேறி, ஓடி, திரும்பி வந்து, மறுபடியும் அதே வளவில் கொட்டில் போட்ட எத்தனையோ உம்மாமாரை எனக்குத் தெரியும். அவர்கள் மின்னாவைப் பார்த்தால் உடனே அடையாளம் கண்டுகொள்வார்கள். ஆகவே பிள்ளை என்பதைவிட வீடு என்பதே லாயுஸின் முதன்மையான அக்கறை என்று நான் சொல்வேன்.

இந்தக் கோணத்தில் ‘கொர்போயாவின் எசமான்’ படத்தை நம்மவர்கள் பார்ப்பதற்கும் எஸ்தோனியர் பார்ப்பதற்கும் ஒரு வேறுபாடு இருக்கும். ஆ. ஹ. தம்சாரேயின் நாவலில் பெரிய பண்ணைக்கு வாரிசான அன்னா நகரத்திலிருந்து ஊருக்கு வருகிறாள். பண்ணை அவளுடையது, ஆனாலும் அதற்கு ஓர் ஆண் எசமான் வேண்டுமென்பது எழுதப்படாத சட்டம். அவள் மனம் நாடுவது அயலிலுள்ள சிறிய பண்ணையின் வில்லுவை. ஒரு கண்ணை இழந்தவன், அடங்காதவன், இன்னொரு பெண்ணுக்குப் பிறந்த பிள்ளைக்குத் தகப்பன். பெண்ணின் நிலத்துக்கு எசமானாகப் போவதை அவனால் தாங்க முடியவில்லை, உயிரை மாய்த்துக் கொள்கிறான்.

மட்டக்களப்பிலும் அம்பாறையிலும், தமிழரானாலும் முஸ்லிம்களானாலும், வீடும் வளவும் பெண்பிள்ளைக்கே எழுதப்படுகின்றன. கல்யாணம் முடிந்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குப் போகிறார். நமக்கு அது மானப் பிரச்சினையே அல்ல. ஆகவே வில்லுவின் வேதனையை நம் பார்வையாளர் உடனே விளங்கிக்கொள்ள மாட்டார்கள், “இதற்கா ஒருவன் சாவான்” என்று கேட்பார்கள். அந்தக் கேள்வியோடு கலந்துரையாடலைத் தொடங்கினால் மிக நல்ல பேச்சு வரும் என்பது உறுதி. வீடு பெண்ணின் பெயரில் இருப்பதால் மட்டும் அவளுடைய சொல் அங்கே செல்லுபடியாகிறதா என்ற நம்முடைய கேள்வியும் கூடவே எழும். லெம்பிட் பீட்டர்சனும் காயே மிஹ்கெல்சனும் நடித்திருக்கும் முறை அதற்கு இடம் தருகிறது: இருவரும் குரலை உயர்த்தாமலே ஒருவரையொருவர் காயப்படுத்துகிறார்கள்.

---

இல்லத்து அக்கா எழுதியது:

ஐயாவும் தம்பியும் எழுதியவற்றை ஆர்வத்தோடு வாசித்தேன். சுனாமிக்குப் பின்னரான ஆண்டுகளில் மட்டக்களப்பில் பெண்பிள்ளைகளுக்கான ஓர் இல்லத்தில் பொறுப்பாளராக வேலை செய்தவள் என்ற முறையில் ‘இனியாவது சிரியேன்’ பற்றி மட்டும் எழுதுகிறேன்.

தாயை இழந்து, குடிக்கு அடிமையான தந்தையை விட்டு ஓடிய மாரி என்ற பதின்ம வயதுப் பெண் சிறுவர் இல்லத்துக்கு வந்து சேர்கிறாள். இப்படியொரு கதையை எடுக்கிற பலர் கொடுமைக்காரப் பொறுப்பாளர் ஒருவரை நடுவே நிறுத்தி, பார்வையாளரின் கோபத்தை அவர் மேல் திருப்பிவிடுவார்கள். லாயுஸும் இஹோவும் அப்படிச் செய்யவில்லை. அவர்கள் காட்டுவது பிள்ளைகளுக்குள்ளே இருக்கும் ஆட்சியை: யார் யாரிடம் பணிய வேண்டும், புதிதாக வந்தவள் எதைக் கொடுத்தால் விடப்படுவாள், ரோபி என்ற பையனைப் போன்ற ஒருவன் ஏன் அன்பையும் அடியையும் ஒரே கையால் தருகிறான் என்பவற்றை. நான் வேலை செய்த இடத்திலும் அலுமாரித் திறப்பு யாரிடம் இருக்கிறது என்பதை வைத்தே பிள்ளைகளின் தரவரிசையை அறிந்துகொள்ளலாம். புதிதாக வந்த பிள்ளை தன் சவர்க்காரத்தைத் தலையணைக்குக் கீழே வைத்துக்கொண்டு படுப்பாள். அது களவு போகும் என்ற பயத்தைவிட, தனக்கென்று சொல்ல அது ஒன்றுதான் இருந்தது என்பதே காரணம். பிறந்தநாள் சாப்பாடு கொடுக்க வருகிறவர்களுக்காகப் பிள்ளைகள் வரிசையில் நின்று பாட்டுப் பாடிப் படத்துக்கு முகம் காட்டுவார்கள். வாகனம் படலையைத் தாண்டியதும் அந்த முகங்கள் மாறிவிடும். மாரியாக வரும் மோனிகா யார்வின் முகத்தில் நான் கண்டது அந்த இரண்டாவது முகத்தை. இந்தப் படம் 1987இல் பேர்லின் திரைப்பட விழாவில் யுனிசெஃப் விருதைப் பெற்றது.

‘களவாடிய சந்திப்பு’ படத்தைத் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். வலென்டீனா தானே இல்லத்தில் வளர்ந்தவள். சிறையிலிருந்து வெளியே வந்து, முன்பு கைவிட்ட மகனைத் தேடுகிறாள். அவனோ தார்த்து நகரத்தில் ஒரு நல்ல குடும்பத்தில் அவர்களைப் பெற்றோராகவே எண்ணி வளர்ந்துகொண்டிருக்கிறான். பிள்ளையை விட்டுச் சென்ற தாயைத் தண்டிக்கும் கதைகள் நம்மிடம் நிறைய இருக்கின்றன. வருடங்கள் கழித்து, கையில் ஒரு பொம்மையோடு இல்லத்து வாசலில் வந்து நிற்கும் தாய்மாரை நான் கண்டிருக்கிறேன். அவர்களிடம் என்ன கேட்பது, என்ன கேட்காமல் விடுவது என்று எனக்கு எவரும் சொல்லித் தரவில்லை. மரியா கிளென்ஸ்கயா அந்தத் தாயை முரடாகவும் பொய் சொல்பவளாகவும், ஆனாலும் தாயாகவும் நடித்திருக்கிறார். பிள்ளைக்கு எது நல்லது என்ற கேள்விக்கு அவள் கடைசியில் எடுக்கும் முடிவை இங்கே சொல்லாமல் விடுகிறேன்.

வீடா பிள்ளையா என்று ஐயாவும் தம்பியும் பிரிக்க வேண்டியதில்லை என்பது என் எண்ணம். தம்சாரேயின் நாவலில் வில்லு இறந்த பின் அன்னா அவனுடைய பிள்ளையைத்தான் கொர்போயாவின் வருங்கால எசமானாகக் காண்கிறாள்.

---

வாவிக்கரை வாசகி எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. குறிப்பின் முதல் வசனத்தை மாற்றி எழுதுகிறேன். ‘ஓநாய்ப்பெண்’, ‘கொர்போயாவின் எசமான்’, ‘களவாடிய சந்திப்பு’ என்ற மூன்றையும் ஆண்டு வரிசைப்படி காட்டலாமா? ‘இனியாவது சிரியேன்’ படத்தில் வன்முறைக் காட்சிகள் இருப்பதாக அறிகிறேன். எங்கள் வட்டத்துக்குப் பாடசாலை மாணவர்களும் வருகிறார்கள்.

---

இல்லத்து அக்கா எழுதியது:

தங்கச்சி, மாணவர்கள் வருகிறார்கள் என்பதற்காக அதை ஒதுக்காதீர்கள். உயர்தர வகுப்புப் பிள்ளைகள் அதைப் பார்க்கலாம், பார்க்கவும் வேண்டும். சின்னவர்களை அன்று அழைக்காமல் விடுங்கள். இல்லங்களில் வளர்ந்த பிள்ளைகள் எவரேனும் வருவதாக இருந்தால் படம் எதைப் பற்றியது என்பதை முன்கூட்டியே அவர்களிடம் சொல்லி, வருவதா இல்லையா என்று அவர்களே முடிவு செய்ய விடுங்கள். படம் முடிந்ததும் அவர்களைப் பார்த்து “உங்கள் அனுபவம் என்ன” என்று எவரும் கேட்காதபடி பார்த்துக்கொள்வது உங்கள் பொறுப்பு.

---

கூத்துக்களரி எழுதியது:

அக்கா சொல்வதே சரி. அப்படியானால் முதல் மாதம் ‘ஓநாய்ப்பெண்’, இரண்டாம் மாதம் ‘கொர்போயாவின் எசமான்’, மூன்றாம் மாதம் ‘இனியாவது சிரியேன்’ என்று வைத்து, இயலுமானால் ‘களவாடிய சந்திப்பு’ படத்துக்கென நான்காவது மாலை ஒன்றைக் கேட்டு வாங்குங்கள். 1985க்கும் 1988க்கும் இடையில் சோவியத் ஒன்றியத்தில் பேசக்கூடியவற்றின் எல்லை விரிந்துகொண்டே போனதை அந்த இரண்டையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்கள் உணர்வார்கள். 1991இல் எஸ்தோனியா விடுதலை பெற்றபோது அரச கலையகத்தின் பழைய நிதியமைப்பும் குலைந்து போனது. ‘களவாடிய சந்திப்பு’ படத்துக்குப் பின் லாயுஸ் கதைப்படம் எடுக்கவில்லை என்பதைக் குறிப்பில் ஒரு வரியாகச் சேருங்கள்.

‘உக்குவாரு’வுக்கு இடமில்லாமல் போவது எனக்கும் வருத்தமே. அதன் இசை ஆர்வோ பேர்ட் அமைத்தது. இன்று உலகம் முழுவதும் கேட்கப்படும் அவர், தன் புதிய பாணியைக் கண்டடைவதற்கு முந்திய அந்த ஆண்டுகளில் திரைப்பட இசையால் வாழ்ந்து வந்தார். உக்குவாருவின் வால்ட்ஸ் நடன இசை தனியாகக் கிடைக்கிறது. மண்டபத்துக்குள் ஆட்கள் வந்து அமரும்வரை நான்கு மாலைகளிலும் அதை ஒலிக்க விடலாம்.