டூயல்ஷாக் 4-ஐ பிசியில் செருகினால் "அப்படியே வேலை செய்யும்"? யாரை ஏமாற்றுகிறீர்கள்?

பொட்டிதட்டி
பிசியில் விளையாட எந்த கேம்பேட் வாங்கலாம் என்று புதிதாக வந்த ஒருவர் இன்னொரு இழையில் கேட்டிருந்தார். பிளேஸ்டேஷன் 4-இன் கேம்பேடான டூயல்ஷாக் 4 பற்றி இடதுகட்டைவிரல் அதற்கு அருளியிருக்கும் பதில் இது: "டூயல்ஷாக் 4 வீட்டில் கிடக்கிறதா? புதிதாக எதுவும் வாங்காதீர்கள். கேபிளைச் செருகுங்கள், அப்படியே வேலை செய்யும். டிரைவர் கிரைவர் எதுவும் தேவையில்லை."

படித்ததும் பற்றிக்கொண்டு வந்தது. இதை நம்பி அந்த மனிதர் செருகிவிட்டு, கேம் கண்டுகொள்ளாமல் விழித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தால் யார் பதில் சொல்வது?

விஷயம் எளிது. 2005-இல் எக்ஸ்பாக்ஸ் 360 வந்த காலத்தில் கேம்பேடில் அழுத்துவதை கேமுக்குச் சொல்ல மைக்ரோசாஃப்ட் எக்ஸ்இன்புட் என்ற ஒரு முறையைக் கொண்டுவந்தது. அதற்குப் பிறகு வந்த பிசி கேம்களில் பெரும்பாலானவை அதைத்தான் தேடும். டூயல்ஷாக் 4 எக்ஸ்இன்புட் பேசாது. விண்டோஸுக்கு அது பத்தோடு பதினொன்றாக ஒரு யுஎஸ்பி கருவி. கன்ட்ரோல் பேனலில் "வயர்லெஸ் கன்ட்ரோலர்" என்று பெயர் காட்டும். அங்கே பட்டனை அழுத்தினால் சிவப்பு விளக்கு எரியும். கேமுக்குள் போனால் கல்லுப் பிள்ளையார் மாதிரி அசையாமல் கிடக்கும்.

ஆகவே "அப்படியே வேலை செய்யும்" என்பது பொய்.

இடதுகட்டைவிரல்
பொய் என்ற வார்த்தையைக் கொஞ்சம் பார்த்து விடுங்கள். நான் செருகினேன், வேலை செய்தது. எந்த டிரைவரும் நிறுவவில்லை. கண்ணால் கண்டதைச் சொன்னால் அதற்கு ஒரு தனி இழை, அதில் எக்ஸ்இன்புட் வகுப்பு வேறு.

பொட்டிதட்டி
எதில் விளையாடினீர்கள்? கேம் விற்கிற அந்த ஸ்டீம் செயலியிலா?

இடதுகட்டைவிரல்
ஆமாம். அதற்கென்ன?

பொட்டிதட்டி
அதற்கென்னவா! ஐயா, 2016 டிசம்பரிலேயே ஸ்டீமில் டூயல்ஷாக் 4-க்கு ஆதரவு வந்துவிட்டது. நடுவில் ஸ்டீம் உட்கார்ந்துகொண்டு, உங்கள் கேம்பேட் சொல்வதை எக்ஸ்பாக்ஸ் கேம்பேட் சொல்வதுபோல மாற்றி கேமுக்குக் கொடுக்கிறது. உங்களுக்கு வேலை செய்தது டூயல்ஷாக் அல்ல, ஸ்டீம். அதை மூடிவிட்டு, வேறு இடத்தில் வாங்கிய ஒரு கேமைத் திறந்து காட்டுங்கள். பிறகு பேசலாம்.

மவுஸ்மன்னன்
இரண்டு பேரும் எதற்கு அடித்துக்கொள்கிறீர்கள்? பிசி என்றால் கீபோர்டும் மவுஸும். கேம்பேட் வேண்டுமென்றால் சோபாவில் சாய்ந்துகொண்டு கன்சோலில் ஆடுங்களேன்.

கயல்
வந்துவிட்டார். கேம்பேட் என்று எழுதினாலே இவருக்கு மூக்கு வியர்த்துவிடும்.

மன்னரே, கார் ரேஸ் ஆடியிருக்கிறீர்களா? கீபோர்டில் ஒரு விசை அழுத்தியிருக்கும், அல்லது அழுத்தாமல் இருக்கும். எக்ஸ்பாக்ஸ் கேம்பேடில் ஆள்காட்டி விரலால் இழுக்கும் டிரிகரில் அழுத்தத்தின் அளவு 0 முதல் 255 வரை இருக்கிறது. ஈரமான வளைவில் பின் சக்கரம் லேசாக வழுக்கத் தொடங்கும்போது முழு ஆக்ஸிலரேட்டரையும் விடக் கூடாது, விரலைச் சற்றே தளர்த்தி பாதிக்குக் கொண்டுவர வேண்டும். அதைக் கீபோர்டில் செய்ய டக் டக் என்று தட்டிக்கொண்டே இருக்கலாம், கார் சுழன்று நிற்கும் வரை.

மவுஸ்மன்னன்
தம்பி, காரை விடுங்கள். துப்பாக்கி கேமுக்கு வாருங்கள். கேம் உங்களுக்காகக் குறி பார்த்துக் கொடுக்கிறதே, அந்த எய்ம் அசிஸ்ட் இல்லாமல் ஒருத்தனைச் சுட முடியுமா?

கயல்
நான் தம்பி இல்லை. காரைப் பற்றிக் கேட்டால் துப்பாக்கியைத் தூக்குகிறீர்கள்.

சரி, துப்பாக்கியே பேசுவோம். மவுஸை எவ்வளவு நகர்த்துகிறீர்களோ அவ்வளவு கோணம் பார்வை திரும்பும். கேம்பேடில் கட்டைவிரல் வைக்கும் ஸ்டிக்கை எவ்வளவு சாய்க்கிறோமோ அவ்வளவு வேகத்தில் திரும்பிக்கொண்டே இருக்கும், சரியான இடத்தில் நாம்தான் நிறுத்த வேண்டும். இரண்டும் வேறு வேறு வேலை. அதனால்தான் குறி எதிரியின் மேல் வரும்போது வேகத்தைக் கொஞ்சம் குறைக்கிறார்கள்.

மவுஸ்மன்னன்
அதாவது உதவி இல்லாமல் முடியாது. நன்றி. நான் சொன்னதும் அதுதான்.

பொட்டிதட்டி
எய்ம் அசிஸ்டுக்கு வேறு இழை இருக்கிறது, அங்கே போய் அடித்துக்கொள்ளுங்கள். இது டூயல்ஷாக் இழை. இடதுகட்டைவிரல் இன்னும் பதில் சொல்லவில்லை. ஸ்டீமை மூடினாரா, மூடவில்லையா?

இடதுகட்டைவிரல்
ஏன் மூட வேண்டும்? பிசியில் கேம் ஆடுகிறவர்களில் ஸ்டீம் வைத்திருக்காதவர் யார்? வேறு இடத்தில் வாங்கிய கேமையும் ஸ்டீமில் சேர்த்து அங்கிருந்தே திறக்கலாம். காரில் பெட்ரோல் இல்லாமல் ஓட்டிக் காட்டு என்கிறீர்கள்.

அப்புறம், செருகினால் வேலை செய்வதைப் பற்றி யார் பேசுவது பாருங்கள். எக்ஸ்பாக்ஸ் 360-இன் வயர்லெஸ் கன்ட்ரோலரை சார்ஜ் கேபிளில் பிசியோடு இணைத்தால் போதும் என்று இங்கே ஒருவருக்கு வழிகாட்டியது யார்? அந்தக் கேபிளில் சார்ஜ் மட்டும்தான் ஏறும். பட்டன் அழுத்துவதெல்லாம் காற்றில்தான் போகும், அதற்கு பிசியில் தனி ரிசீவர் வேண்டும். கேட்டவர் கேபிளை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்து நொந்துபோனார்.

பொட்டிதட்டி
நான் அங்கே சொன்னது வயர்டு மாடலை. படிக்கத் தெரியாதவர்களுக்கு நான் பொறுப்பல்ல. பழைய கதையைக் கிளறினால் புதிய பொய் உண்மை ஆகிவிடாது.

இடதுகட்டைவிரல்
வயர்டு மாடலுக்கு எதற்கு ஐயா சார்ஜ் கேபிள்?

பொட்டிதட்டி
பேச்சை மாற்றாதீர்கள். ஸ்டீமை மூடினீர்களா?

நடுநிலைநாயகம்
நண்பர்களே, ஒன்று சொல்லலாமா? "வேலை செய்யும்" என்றால் என்ன என்று முதலில் பேசிக்கொண்டால் பாதிச் சண்டை தீர்ந்துவிடும். விண்டோஸ் அடையாளம் காண்பதா, கேம் அடையாளம் காண்பதா, அல்லது திரையில் சதுரம் முக்கோணம் எல்லாம் சரியாக வருவதா? மூன்றும் வேறு வேறு.

பொட்டிதட்டி
நாயகம் சார், வேலை செய்யும் என்றால் வேலை செய்யும். இதற்கு அகராதி எல்லாம் வேண்டாம்.

இடதுகட்டைவிரல்
இதில் மட்டும் பொட்டியோடு ஒத்துப்போகிறேன். எனக்கு வேலை செய்தது. முடிந்தது.

பூஜ்யம்ஒன்று
லினக்ஸில் இந்தப் பிரச்சினையே இல்லை என்பதைப் பணிவோடு தெரிவித்துக்கொள்கிறேன். பிளேஸ்டேஷன் 5-இன் கேம்பேடான டூயல்சென்ஸுக்கான டிரைவரை சோனியே எழுதிக் கொடுத்து, 2021-இல் லினக்ஸின் மையப்பகுதியான கெர்னல் 5.12-லேயே சேர்ந்துவிட்டது.

மவுஸ்மன்னன்
யாரும் கேட்கவில்லையே.

பூஜ்யம்ஒன்று
கேட்காமலே சொல்வதுதான் எங்கள் சேவை.

பொட்டிதட்டி
சரி, ஸ்டீம் இல்லாமல் என்ன ஆகும் என்று நானே சொல்கிறேன், யாருக்கும் மூட மனம் வராததால்.

எக்ஸ்இன்புட் மட்டும் தேடும் கேம் டூயல்ஷாக்கைக் கண்டுகொள்ளவே கண்டுகொள்ளாது. அது பரவாயில்லை. அரைகுறையாகக் கண்டுகொள்ளும் கேம் இருக்கிறதே, அது இன்னும் கொடுமை. எக்ஸ்இன்புட்டுக்கு முந்தைய முறையான டைரக்ட்இன்புட் வழியாக வரும்போது டூயல்ஷாக்கின் டிரிகர்களான எல்2, ஆர்2 இரண்டும் தனித்தனி அச்சுகளாக, அதாவது அழுத்தும் அளவுக்கேற்ப மாறும் எண்களாக வரும். அழுத்தாமல் விட்டால் அவற்றின் மதிப்பு நடுவில் நிற்காது, கடைக்கோடியில் நிற்கும். அந்த அச்சுகளை வலது ஸ்டிக் என்று நினைத்துக்கொள்ளும் கேமில், நீங்கள் கையே வைக்காதபோதும் யாரோ ஸ்டிக்கைக் கடைசிவரை தள்ளிப் பிடித்திருப்பதாகத்தான் அதற்குத் தெரியும். கேமரா வானத்தைப் பார்த்துக்கொண்டு சுற்றோ சுற்று என்று சுற்றும். வலது ஸ்டிக்கை என்ன திருகினாலும் நிற்காது. எல்2-வைப் பாதி அழுத்திப் பிடித்தால் ஒரு பக்கச் சுற்று நிற்கும், விட்டால் மறுபடி தொடங்கும். இதுதான் உங்கள் "அப்படியே வேலை செய்யும்".

எக்ஸ்பாக்ஸ் கேம்பேடில் இந்தக் கூத்து உண்டா?

இடதுகட்டைவிரல்
உண்டு, வேறு கூத்து. அதே டைரக்ட்இன்புட்டில் ஓடும் பழைய கேமில் உங்கள் 360 கேம்பேடைப் போடுங்கள். இரண்டு டிரிகரும் ஒரே அச்சில் வரும். ஒன்று இந்தப் பக்கம் இழுக்கும், மற்றது அந்தப் பக்கம். இரண்டையும் சேர்த்து அழுத்தினால் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு, எதையுமே அழுத்தவில்லை என்று காட்டும். பிரேக்கும் ஆக்ஸிலரேட்டரும் சேர்த்துப் பிடித்து வளைவில் வால் வீச நினைத்தால் கார் நியூட்ரலில் போகும். இதை ஏன் சொல்லவில்லை?

பொட்டிதட்டி
ஏனென்றால் அந்தக் காலத்து கேமை இப்போது எத்தனை பேர் ஆடுகிறார்கள்?

இடதுகட்டைவிரல்
ஸ்டீம் இல்லாமல் எத்தனை பேர் ஆடுகிறார்களோ அத்தனை பேர்.

கயல்
ஹா, இது அடி.

பொட்டிதட்டி
கைதட்டலுக்கு ஆள் கூட்டி வந்திருக்கிறார். நடக்கட்டும். நான் கேட்டதற்குப் பதில் இன்னும் வரவில்லை.

அரைத்தூக்கம்
நான் டிஎஸ்4விண்டோஸ் போட்டிருக்கிறேன். ஸ்டீம் தேவைப்படவில்லை. ஆனால் மெனுவில் ஒரு முறை கீழே அழுத்தினால் இரண்டு வரி தாண்டிப் போகிறது. மேலே போனாலும் அதே கதை. நடுவில் இருக்கும் "தொடர்க" மேல் நிற்கவே முடியவில்லை, "புதிய ஆட்டம்" அல்லது "வெளியேறு" என்றுதான் நிற்கிறது. ஏன்?

பொட்டிதட்டி
பார்த்தீர்களா! இவரே சாட்சி. அந்த மென்பொருள் உங்கள் டூயல்ஷாக்கைப் படித்து, இல்லாத ஒரு எக்ஸ்பாக்ஸ் 360 கேம்பேடை உருவாக்கி நீட்டுகிறது. அசலையும் நகலையும் கேம் ஒரே நேரத்தில் பார்க்கிறது. அதனால் எல்லாம் இரட்டிப்பு. ஹிட்ஹைட் என்று ஒன்று இருக்கிறது, அதை நிறுவி அசலை மறைத்துவிடுங்கள்.

ஆக, கேபிள், அதற்கு மேல் ஒரு மென்பொருள், அந்த மென்பொருளுக்கு ஒரு டிரைவர், அசலை மறைக்க இன்னொரு டிரைவர். இதற்குப் பெயர்தான் "டிரைவர் கிரைவர் தேவையில்லை" போலிருக்கிறது.

இடதுகட்டைவிரல்
நான் டிஎஸ்4விண்டோஸ் போடச் சொல்லவே இல்லையே! அவர் போட்டுக்கொண்டது அவர் பாடு. பிளேஸ்டேஷனிலிருந்து பிசிக்கு வந்த கேம்கள் பலவற்றில் டூயல்ஷாக்கும் டூயல்சென்ஸும் நேரடியாகவே ஓடும். திரையில் முக்கோணம் சதுரமும் வரும். கேபிளில் போட்டால் டூயல்சென்ஸின் டிரிகர் விரலை எதிர்த்து இறுகுவதுகூட வேலை செய்யும். உங்கள் எக்ஸ்பாக்ஸ் கேம்பேடில் டிரிகர் இறுகுமா?

பொட்டிதட்டி
எனக்கு டிரிகர் இறுக வேண்டாம், கேம் ஓடினால் போதும். அப்புறம் கேபிளைப் போட்டதும் ஸ்பீக்கர் சத்தம் திடீரென்று நின்றுபோவதை ஏன் சொல்லவில்லை? யுஎஸ்பியில் அது ஒரு ஒலிக்கருவியாகவும் பதிவாகிறது. விண்டோஸ் சில நேரம் சத்தத்தை அங்கே திருப்பிவிடும். ஸ்பீக்கர் கெட்டுவிட்டது என்று நினைத்துக் கழற்றிப் பார்க்கிறவர்கள் உண்டு.

இடதுகட்டைவிரல்
ஒலிக்கருவியாக இருப்பதால்தான் டூயல்சென்ஸில் அந்த நுணுக்கமான அதிர்வு வருகிறது. நான்கு சேனலில் இரண்டு அதற்குத்தான். தெரியாவிட்டால் கேளுங்கள்.

பொட்டிதட்டி
டூயல்ஷாக் 4-ஐப் பற்றிக் கேட்டால் டூயல்சென்ஸுக்குத் தாவுகிறார். கிளைக்குக் கிளை.

சும்மாவந்தவன்
இடையில் ஒரு சந்தேகம். நின்டெண்டோவின் ஸ்விட்ச் ப்ரோ கன்ட்ரோலர் எப்படி?

கயல்
ரேஸுக்கு வேண்டாம். அதன் டிரிகர் வெறும் பட்டன், பாதி அழுத்தம் கிடையாது. ஏ இருக்க வேண்டிய இடத்தில் பி இருக்கும், பி இடத்தில் ஏ. திரை ஏ என்று சொல்லும்போது கை தவறான பட்டனுக்குப் போகும்.

சும்மாவந்தவன்
நின்டெண்டோ அந்த இடத்தில் ஏ வைத்தது எக்ஸ்பாக்ஸ் பிறப்பதற்கு முன்பே. இடம் மாறியது மற்றவர்கள்தான்.

மவுஸ்மன்னன்
கீபோர்டில் ஏ எப்போதும் ஏ இடத்தில்தான் இருக்கிறது.

புதியவன்_பிசி
வணக்கம். கேள்வி கேட்டது நான்தான். டூயல்ஷாக் 4 என்னிடம் இல்லை. எக்ஸ்பாக்ஸ் ஒன் கன்ட்ரோலர் பழையது ஒன்று கிடைக்கிறது, ப்ளூடூத்தில் இணைக்கலாமா?

கயல்
2013-இல் வந்த முதல் மாடல் என்றால் அதில் ப்ளூடூத் கிடையாது. 2016-இல் ஒன் எஸ் வந்தபோதுதான் சேர்த்தார்கள். மேலே உள்ள எக்ஸ்பாக்ஸ் பட்டனைச் சுற்றிப் பாருங்கள். அது முன்பக்க மேட் பிளாஸ்டிக்கோடு ஒரே துண்டாக இருந்தால் ப்ளூடூத் உள்ளது. மேல் விளிம்போடு சேர்ந்த பளபளப்பான தனித் துண்டில் இருந்தால் பழையது, அதற்குக் கேபிளோ தனி அடாப்டரோ வேண்டும்.

பொட்டிதட்டி
புதியவன், உங்களிடம் டூயல்ஷாக்கே இல்லையா? இதை முதலிலேயே சொல்லியிருக்கலாம். இருந்தாலும் பரவாயில்லை. நாளைக்கு இன்னொருவர் வந்து அந்தப் பதிலைப் படிப்பார். இடதுகட்டைவிரல் அதைத் திருத்தும் வரை நான் விடப்போவதில்லை.

இடதுகட்டைவிரல்
திருத்த மாட்டேன். எனக்கு வேலை செய்தது.

பொட்டிதட்டி
ஸ்டீமில்.

இடதுகட்டைவிரல்
பிசியில்.

பொட்டிதட்டி
ஸ்டீமில்.

அரைத்தூக்கம்
ஹிட்ஹைட் போட்டேன், இரட்டிப்பு நின்றது. இப்போது நான் தொடாமலே ஆள் மெல்ல இடப்பக்கம் நடக்கிறான்.

பொட்டிதட்டி
அது டிரிஃப்ட், ஸ்டிக் தானாக நகர்வது. டெட்ஸோனைக் கூட்டுங்கள், நடுவில் சிறு அசைவைக் கேம் கண்டுகொள்ளாத அந்த இடத்தை.

கயல்
கூட்டாதீர்கள். எக்ஸ்இன்புட்டில் இடது ஸ்டிக்குக்கு மைக்ரோசாஃப்ட் கொடுத்த டெட்ஸோன் அளவே 7849. மொத்தம் 32767. கிட்டத்தட்ட கால்பங்கு ஸ்டிக் ஏற்கெனவே வீண். அதற்கு மேலும் கூட்டினால் மெதுவாக நடக்கவே முடியாது. ஸ்டிக்கின் நிலையை அளக்கும், உள்ளே தேய்ந்திருக்கும் பொட்டென்ஷியோமீட்டரை மாற்றச் சொல்லுங்கள், அல்லது காந்தத்தில் ஓடும் ஹால் சென்சார் ஸ்டிக்.

பொட்டிதட்டி
ஹால் சென்சார் எல்லாம் இப்போது வந்த விளம்பர வித்தை.

பூஜ்யம்ஒன்று
1998-இல் வந்த சேகாவின் ட்ரீம்காஸ்ட் கன்சோல் கன்ட்ரோலரிலேயே இருந்ததே.

பொட்டிதட்டி
ட்ரீம்காஸ்டை பிசியில் செருகினால் அப்படியே வேலை செய்யுமா? செய்யாது அல்லவா? பிறகென்ன. டெட்ஸோனுக்குத் தனி இழை தொடங்குகிறேன், கயல் அங்கே வந்து அந்த 7849-க்கு விளக்கம் கொடுக்கட்டும். இடதுகட்டைவிரலும் வரலாம், ஸ்டீமை மூடிவிட்டு.