உமவாகா பள்ளத்தாக்கு, ஒருநாள் டூர்: போய் வந்தவர்கள் உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

அர்ஜென்டினாவின் வடமேற்கில் சால்ட்டா நகரத்தில் தங்கினீர்கள் என்றால் ஹோட்டல்காரரே இந்த டூரை உங்கள் தலையில் கட்டிவிடுவார். காலை ஏழு மணிக்கு வேன் வாசலுக்கு வரும், திரும்பக் கொண்டுவந்து விட இரவு எட்டுக்கு மேல் ஆகும், நடுவில் புர்மமார்கா, தில்காரா, உகியா, உமவாகா என்று வரிசையாக ஊர்கள். எங்கள் வேனில் பெரும்பாலும் புவெனஸ் ஐரிஸிலிருந்து வந்த குடும்பங்கள். ஸ்பானிஷ் தெரியாதவர்கள் நானும் என் கணவரும் ஒரு டச்சுப் பெண்ணும்தான். கைடு உமவாகா பக்கத்துக்காரர், கோயா என்ற ஆண்டிஸ் மலைப் பழங்குடி இனத்தவர். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் மலை எல்லா வேனுக்கும் ஒரே மலைதான், கூட வருகிற கைடு யார் என்பதை வைத்துத்தான் அந்த நாள் தேறுமா தேறாதா என்பது இருக்கிறது.

ஹுஹுய் நகரம் தாண்டி வடக்கே ஏற ஏறப் பச்சை குறைந்துகொண்டே வந்து, வோல்கான் என்ற ஊருக்கு அப்புறம் சுத்தமாக நின்றுவிடுகிறது. அதன் பிறகு ஆள் உயரத்துக்கு இரண்டு மூன்று மடங்கு நிற்கிற கார்தோன் கள்ளிதான் எங்கும். ரியோ கிராந்தே ஆற்றை ஒட்டி ஏறத்தாழ 155 கிலோமீட்டர் நீளும் இந்தப் பள்ளத்தாக்கு பத்தாயிரம் வருடங்களாக மனிதர்கள் நடந்த வழி, இன்காக்கள் காலத்துச் சாலையும் இதன் வழியாகத்தான் போனது. 2003-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தார்கள்.

புர்மமார்காவுக்கு ஒன்பதரை, பத்து மணிக்குள் போய்விட வேண்டும். ஊருக்குப் பின்னால் நிற்கிற ஏழு வண்ண மலைமேல் காலை வெயில் நேராக விழும், மதியத்துக்கு மேல் நிறம் எல்லாம் மங்கிப்போகும். இரும்பு கலந்த களிமண் சிவப்பு, சுண்ணாம்புக்கல் வெளுப்பு, செம்பு கலந்த பாறை பச்சை என்று அடுக்கடுக்காகக் காட்டினார் கைடு. அதற்கு மேல் மலையைப் பற்றி அவர் அதிகம் பேசவில்லை, எங்களை நேராகச் சதுக்கத்துக் கோயிலுக்குக் கூட்டிப்போனார். 1648-ல் கட்டிய சிறிய மண் தேவாலயம் அது. உத்தரம், கதவு எல்லாம் கார்தோன் கள்ளியின் கட்டை. கள்ளி பட்டுப்போனபின் உள்ளே மிஞ்சுகிற மரம் அது, முள் இருந்த இடமெல்லாம் நீளநீளமாக ஓட்டை விழுந்து, சல்லடை போல வெளிச்சம் ஊடுருவுகிற பலகை. தொட்டுப் பார்த்தால் பஞ்சு மாதிரி லேசு, ஆனால் முந்நூறு வருடங்களுக்கு மேல் கூரையைத் தாங்கி நிற்கிறது.

கோயில் பக்கத்திலேயே ஒரு பழைய அல்கரோபோ மரம். ஸ்பானியர்களை எதிர்த்துப் பல குடிகளை ஒன்றுசேர்த்த தலைவன் வில்திபோகோவை 1594-ல் பிடித்தது அந்த மரத்தடியில்தான் என்று ஊரார் சொல்கிறார்கள். எங்கள் கைடு இதை வரலாறு ஒப்பிப்பது போலச் சொல்லவில்லை, தன் பங்காளி வீட்டு வழக்கைச் சொல்கிற தொனியில் சொன்னார். புவெனஸ் ஐரிஸ் குடும்பத்துப் பையன் ஒருவன் “அவரைக் காட்டிக்கொடுத்தது யார்?” என்று கேட்டான். “அதை ஊருக்கு ஊர் வேறு மாதிரி சொல்வார்கள், எங்கள் ஊரில் கேட்டால் பக்கத்து ஊர் என்போம்” என்றார், வேனே சிரித்துவிட்டது.

தில்காராவில் புகாரா என்ற பழைய கோட்டைக் குடியிருப்பு. ஒமவாகா என்ற பழங்குடி மக்கள் வாழ்ந்த கல் வீடுகள், 1908 முதல் அம்ப்ரொசெத்தி, தெபெனெதெத்தி என்ற இரண்டு தொல்லியலாளர்கள் தோண்டியது. அவர்கள் நினைவாக 1935-ல் இடிபாடுகளுக்கு நடுவிலேயே ஒரு பிரமிடைக் கட்டி வைத்திருக்கிறார்கள், அந்த இடத்துக்கும் பிரமிடுக்கும் எந்த ஒட்டுறவும் கிடையாது. நம் கைடு அதைக் காட்டி, “இது மட்டும்தான் இங்கே எங்கள் தாத்தன் பாட்டன் கட்டாதது, எல்லோரும் படம் எடுப்பதும் இதைத்தான்” என்றார். நான் கேமராவை இறக்கிக்கொண்டேன்.

உகியாவை யாரும் சாதாரணமாக நினைத்து வேனிலேயே உட்கார்ந்துவிடாதீர்கள். சின்ன வெள்ளைக் கோயில், 1691. உள்ளே சுவரில் தேவதூதர் ஓவியங்கள், சரிகைச் சட்டையும் இறகு வைத்த தொப்பியுமாகக் கையில் துப்பாக்கி! ஒருவர் தோளில் சாய்த்திருக்கிறார், ஒருவர் துப்பாக்கிக் குழாயில் வெடிமருந்து இடித்துக்கொண்டிருக்கிறார், முகத்தில் மட்டும் கல்யாணத்துக்குப் போகிற களை. பெரு நாட்டுக் குஸ்கோ நகரத்துப் பாணி ஓவியங்கள். படம் எடுக்க அனுமதி இல்லை என்பதால் அங்கே எல்லோரும் கண்ணால்தான் பார்த்தார்கள், அது ஒரு நல்ல மாறுதல்.

உமவாகாவுக்குப் பன்னிரண்டு மணிக்குள் போய்ச்சேர டிரைவர் பறந்தார். நகராட்சிக் கட்டடக் கடிகார கோபுரத்தில் உச்சிவேளைக்குக் கதவு திறந்து புனித பிரான்சிஸ்கோ சொலானோ பொம்மை வெளியே வந்து கையசைத்து ஆசி வழங்கும், அதற்காக மொத்தச் சுற்றுலாக் கூட்டமும் சதுக்கத்தில் அண்ணாந்து நின்றது. பொம்மையைவிட எனக்குச் சதுக்கத்து ஓரத்தில் கரியடுப்பில் தோர்த்தியா சுட்ட பாட்டிதான் சுவாரசியம். மாவுக்குள் ஆட்டுப்பால் சீஸை வைத்து மடித்து, கரி மேல் கம்பியில் போட்டு, வெறும் விரலால் திருப்புகிறார். என் கணவர் அவர் முகத்தை நோக்கிப் போனை உயர்த்தியதும் ஒரு கையால் முகத்தை மறைத்துக்கொண்டு மற்ற கையால் அடுப்பைக் காட்டினார். அடுப்பை எடுத்துக்கொள், என்னை விடு என்று அர்த்தம். கேட்காமல் ஆட்களைப் படம் எடுப்பது அங்கே ஆகாத காரியம். பதினைந்து நிமிடம் அவர் பக்கத்திலேயே நின்று சாப்பிட்டோம்.

அதற்குள் டிரைவர் ஹாரன் அடித்துவிட்டார்.

*

மேலே எழுதியவர் சொன்னது எல்லாம் சரி, அந்த ஹாரன்தான் எனக்கு ஆகாது. ஒவ்வொரு ஊரிலும் நாற்பது நிமிடம், அதில் பாதி கழிப்பறை வரிசையில் போய்விடும். நான் தில்காராவில் அறை எடுத்துத் தங்கிவிட்டேன். ஹுஹுய், தில்காரா, உமவாகா மூன்றுக்கும் நடுவே பஸ் அடிக்கடி ஓடுகிறது, டூர் காசில் கால்வாசி கூட ஆகாது. மாலையில் டூர் வேன் எல்லாம் கிளம்பிய பிறகு தில்காரா சதுக்கத்தில் பள்ளிக்கூடப் பையன்கள் உட்கார்ந்து சிகு என்ற மூங்கில் குழல்களை ஊதிப் பழகுவார்கள். ஈஸ்டருக்கு முந்தைய புனித வாரத்தில் புந்தா கொரால் மலைக்குப் போய்க் கன்னி மரியாள் சிலையை இறக்கிக் கொண்டுவரும்போது இந்தக் குழுக்கள்தான் வழி முழுக்க வாசித்துக்கொண்டு வரும்.

அப்புறம், சால்ட்டா டூரில் பெரும்பாலும் ஒர்னோகால் என்ற வண்ண மலை கிடையாது. பணம் கட்டும் முன் கேட்டுக்கொள்ளுங்கள். உமவாகாவிலிருந்து 25 கிலோமீட்டர் மண் சாலை, உள்ளூர்க்காரர்கள் ஜீப்பிலும் பிக்கப்பிலும் ஆள் சேர்த்து ஓட்டுகிறார்கள். பார்க்கும் இடம் 4,350 மீட்டர். சுண்ணாம்புப் பாறை அடுக்குகள் முக்கோணம் முக்கோணமாக மடிந்து ரத்தச்சிவப்பு, மஞ்சள், வெளிர்நீலம் என்று அடுக்கி நிற்கும். இதற்கு வெயில் பிற்பகலில்தான் விழும், புர்மமார்காவுக்கு நேர் எதிர். ஆகையால் இரண்டையும் நல்ல வெளிச்சத்தில் பார்க்க வேண்டுமானால் காலையில் அங்கே, மூன்று மணிக்கு மேல் இங்கே.

எனக்கு டிரைவராக வந்தவர் நடுவயதுக்காரர், வாய் ஓரம் கன்னம் புடைக்கக் கோக்கா இலையை அடக்கிக்கொண்டு ஓட்டினார். எனக்கும் ஒரு பிடி கொடுத்தார். காம்பைக் கிள்ளிப் போட்டுவிட்டு இலையை மெல்லாமல் கன்னத்தில் ஒதுக்கி, கொஞ்சம் சமையல் சோடா சேர்த்து ஊற விட வேண்டும். கொஞ்ச நேரத்தில் நாக்கு மரத்தது, தலை பாரம் குறைந்தது மாதிரி இருந்தது, மாதிரிதான், சத்தியம் செய்ய மாட்டேன். பார்வையிடத்தில் எல்லோரும் சரிவில் இறங்கிப் போய்ப் படம் எடுத்தார்கள், இறங்குவது சுலபம், திரும்ப ஏறும்போது பத்தடிக்கு ஒருமுறை நிற்க வேண்டியிருந்தது. அவர் மட்டும் இறங்கவில்லை. பாட்டிலைத் திறந்து, குடிக்கும் முன் முதல் வாயைத் தரையில் ஊற்றினார். பாச்சாமாமாவுக்கு, பூமித்தாய்க்கு. ஆகஸ்ட் முதல் தேதியில் வீட்டுக்கு வீடு குழி வெட்டி இதே மாதிரி சோறும் குடியும் படைப்பார்கள் என்றார்.

கோக்கா இலை வைத்திருப்பதும் மெல்வதும் அர்ஜென்டினாவில் 1989 சட்டப்படி குற்றம் இல்லை, தெருவில் பையில் கட்டி விற்கிறார்கள். அதற்காக மிச்சத்தைப் பெட்டியில் போட்டு ஊருக்குக் கொண்டுவந்துவிடாதீர்கள், நம் சட்டத்தில் அது போதைப்பொருள்.

*

நான் போனது 2023 ஜூன். வேறு மாதிரி அனுபவம். ஹுஹுய் மாகாண அரசியல் சட்டத்தை அவசர அவசரமாகத் திருத்திவிட்டார்கள், எங்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை என்று பழங்குடிச் சமூகங்கள் சாலை மறியலில் இருந்தன. 9-ஆம் எண் நெடுஞ்சாலையும் சலினாஸ் கிராந்தேஸ் என்ற உப்புவெளிக்குப் போகும் 52-ஆம் எண் சாலையும் பிரிகிற புர்மமார்கா முனைதான் மறியலின் மையம். நான் போவதற்குச் சில நாள் முன்னால் போலீஸ் ரப்பர் குண்டு சுட்டுப் பலருக்குக் காயம்.

எங்கள் வேன் அங்கே மாட்டிக்கொண்டது. வேனில் ஒருவர் “இதற்கா காசு கொடுத்து வந்தோம்” என்று ஆரம்பித்தார், கைடு எதுவும் பேசாமல் கதவைத் திறந்து இறங்கிப் போய்விட்டார். அவருடைய அத்தை மறியலில் உட்கார்ந்திருந்தார் என்பது பிறகுதான் தெரிந்தது. நாங்களும் ஒவ்வொருவராக இறங்கினோம். சதுரம் சதுரமாக வண்ணம் போட்ட, ஆண்டிஸ் பழங்குடிகளின் விபாலா கொடி, டயர் புகை, ஒரு பெரிய அண்டாவில் சோளக் கஞ்சி மாதிரி ஏதோ கொதித்துக்கொண்டிருந்தது. எங்களுக்கும் ஒரு குவளை ஊற்றிக் கொடுத்தார்கள். காசு கொடுத்ததற்கு அந்த அத்தை வாங்கவில்லை.

கைடு நடுவில் நின்று மொழிபெயர்க்க, அத்தை சொன்னது எளிமையாகத்தான் இருந்தது. சலினாஸ் கிராந்தேஸ் உப்புவெளிக்கு அடியில் உள்ள உப்புநீரில் லித்தியம் இருக்கிறது. அந்த நீரை மேலே இறைத்துப் பெரிய குட்டைகளில் மாதக்கணக்கில் காயவிட்டுத்தான் எடுப்பார்கள். மழையே பெய்யாத இடத்தில் அவ்வளவு நீரை இறைத்தால் எங்கள் ஊற்று என்ன ஆகும், எங்கள் லாமா மந்தைகள் எங்கே குடிக்கும்? “தண்ணீர் வேண்டும், லித்தியம் வேண்டாம்” என்று அட்டையில் எழுதி வைத்திருந்தார்கள். இது நேற்று ஆரம்பித்ததும் இல்லை. 1946-ல் நிலம் கேட்டு இதே மக்கள் புவெனஸ் ஐரிஸ் வரை நடந்தே போனார்கள், அமைதிப் படையெடுப்பு என்று அதற்குப் பெயர். வரவேற்றுத் தங்கவைத்துவிட்டுக் கடைசியில் வலுக்கட்டாயமாக ரயிலேற்றித் திருப்பி அனுப்பினார்கள். நான் ஊர் திரும்பிய பிறகு, 2023 ஆகஸ்டில், அதே பெயரில் மறுபடி தலைநகருக்குப் போனதைச் செய்தியில் பார்த்தேன்.

சில மணி நேரத்தில் வண்டிகளை விட்டார்கள். டூர் கம்பெனி பாதிப் பணத்தைத் திருப்பித் தருவதாகச் சொல்லி இழுத்தடித்தது வேறு கதை. உமவாகா பார்க்க முடியவில்லை. எனக்கு ஒரு குறையும் இல்லை, வேனில் குறைப்பட்டவர்கள் இருந்தார்கள்.

*

வயதான பெற்றோரைக் கூட்டிப்போக நினைப்பவர்களுக்காக எழுதுகிறேன். அம்மா சுத்த சைவம், முட்டை கூட இல்லை. உமித்தா கேட்டு வாங்குங்கள், அரைத்த பிஞ்சுச் சோளத்தில் சீஸ் சேர்த்துச் சோள மட்டையிலேயே கட்டி வேகவைப்பது. சில இடங்களில் பன்றிக்கொழுப்பில் வதக்குகிறார்கள், கேட்டுக்கொள்வது நல்லது. சூப் மாதிரி வரும் லோக்ரோவில் இறைச்சி இருக்கும். கீன்வா சோறு பெரும்பாலும் கிடைக்கும்.

உமவாகா கிட்டத்தட்ட 3,000 மீட்டர், அங்கேயே அப்பாவுக்குத் தலை விண்ணென்று தெறித்தது. மேலே ஒருவர் சொன்ன ஒர்னோகாலை நாங்கள் யோசிக்கவே இல்லை. கைடு ஒரு பெண், இருபத்தைந்து வயது இருக்கலாம். அப்பா முகத்தைப் பார்த்ததுமே அங்கே மேட்டில் நிற்கிற விடுதலைப் போர் நினைவுச்சின்னத்துப் படிக்கட்டில் ஏற விடவில்லை, மற்றவர்களை அனுப்பிவிட்டு எங்களோடு கீழேயே உட்கார்ந்து மூலிகை டீ வாங்கிக் கொடுத்தார். அப்பாவுக்கு ஸ்பானிஷ் தெரியாது, அந்தப் பெண்ணுக்கு ஆங்கிலம் அரைகுறை, இருந்தும் இருவரும் சோளம் விதைக்கிற மாதத்தைப் பற்றிக் கை ஜாடையிலேயே அரை மணி நேரம் பேசினார்கள். அவர் வீட்டில் நீலச் சோளம் போடுகிறார்களாம், அப்பா நம்பவில்லை, போனில் படம் காட்டிய பிறகுதான் ஒத்துக்கொண்டார்.

ஜனவரி, பிப்ரவரியில் போகாதீர்கள், அங்கே அது மழைக்காலம், மலையிலிருந்து சேறு இறங்கிச் சாலையை அடைத்துவிடும். 2017 ஜனவரியில் வோல்கான் ஊருக்குள்ளேயே சேறு புகுந்தது. கார்னிவல் திருவிழாவுக்காகப் பிப்ரவரியில் போகிறவர்கள் கூட ஒரு நாள் கூடுதலாகக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று, உமவாகாவையும் சலினாஸ் உப்புவெளியையும் ஒரே நாளில் காட்டுகிறோம் என்று சில கம்பெனிகள் விற்கின்றன. உப்புவெளிக்குப் போகும் வழியில் லிபான் கணவாய் 4,170 மீட்டர், வளைந்து வளைந்து ஏறி, மறுபக்கம் இறங்கி, அதே வழியாகத் திரும்ப வேண்டும். அறுபது தாண்டியவர்களை அதில் ஏற்றாதீர்கள், இரண்டு நாளாகப் பிரித்துப் புர்மமார்காவில் ஓர் இரவு தங்குங்கள்.