மறு: ‘மறைமுகப் பாகுபாடு’ சரியான சொல்தானா?

நண்பர்களுக்கு வணக்கம்.

இந்த இழையைக் கிளப்பிவிட்டவன் நான். ஆளாளுக்கு ஒரு சொல் சொல்லிவிட்டீர்கள், அதனால் வரிசையாகப் பதில் எழுதிவிடுகிறேன். புதிதாகச் சேர்ந்தவர்களுக்காக ஒரு வார்த்தை. தொழிலாளர் சட்டக் கையேடு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். அதில் இன்டைரக்ட் டிஸ்கிரிமினேஷன், டிஸ்பரேட் இம்பாக்ட் என்று இரண்டு வருகின்றன, எல்லோருக்கும் ஒரே விதி வைத்தும் ஒரு பக்கத்தார் மட்டும் அடிபடுவதைச் சொல்பவை. இரண்டுக்குமே ‘மறைமுகப் பாகுபாடு’ என்று போட்டு வைத்திருந்தேன். போன மாதம் ஒரு தொழிற்சங்க வகுப்பில் அந்த அத்தியாயத்தை வாசித்துக் காட்டியபோது, முன்வரிசையில் இருந்த தையல் தொழிலாளி ஒருவர் கையைத் தூக்கி, “மறைமுகமா செஞ்சது யாரு சார், மேனேஜரா ஓனரா?” என்று கேட்டார். யாருமே வேண்டுமென்று செய்திருக்க வேண்டியதில்லை என்பதுதான் அந்த அத்தியாயத்தின் சாரமே. அரைமணி நேரம் வாசித்தும் அந்தச் சாரம் அவரிடம் போய்ச் சேரவில்லை. அவர் மேல் தப்பில்லை, சொல்தான் வேறு பக்கம் இழுத்துக்கொண்டு போயிருக்கிறது.

> ‘மறைமுக வரி’ என்று காலங்காலமாக எழுதுகிறோம். யாருக்கும் குழப்பம் வந்ததில்லையே?

வரிக்குச் சரி. அங்கே மறைமுகம் என்பது பணம் எந்த வழியாகப் போய்ச் சேர்கிறது என்பதைத்தான் சொல்கிறது. மனிதர் செய்கிற காரியத்தோடு ஒட்டும்போதுதான் சிக்கல். மறைமுகமாக மிரட்டினார், மறைமுகமாகக் குத்திக்காட்டினார் என்றால், எல்லாவற்றுக்குள்ளும் தெரிந்தே செய்கிற ஓர் ஆள் ஒளிந்துகொண்டிருக்கிறார். பாகுபாடு மனிதர் செய்வது என்பதால் அந்த ஆளும் கூடவே வந்துவிடுகிறார்.

இந்தக் கருத்து பிறந்த வழக்கைப் பாருங்கள். அமெரிக்காவில் வட கரோலினா, டியூக் பவர் நிறுவனத்தின் டான் ரிவர் அனல்மின் நிலையம். 95 தொழிலாளர்கள், அவர்களில் 14 பேர் கறுப்பினத்தவர். ஐந்து பிரிவுகளில் ‘லேபர்’ என்ற கடைநிலைப் பிரிவில் மட்டும்தான் அவர்களுக்கு இடம். அந்தப் பிரிவின் உச்சச் சம்பளமே மற்ற நான்கு பிரிவுகளின் அடிமட்டச் சம்பளத்தைவிடக் குறைவு. 1964-இன் குடிமை உரிமைகள் சட்டத்தில் வேலைவாய்ப்பு பற்றிய பகுதி 1965 ஜூலை 2-ஆம் தேதி நடைமுறைக்கு வந்தது. அதே தேதியில் நிறுவனம் நல்ல பிரிவுகளில் புதிதாகச் சேர, ஏற்கெனவே கேட்டுவந்த உயர்நிலைப் பள்ளிச் சான்றிதழோடு இரண்டு எழுத்துத் தேர்வுகளையும் சேர்த்தது. வெள்ளையருக்கும் அதே தேர்வு, அதே மதிப்பெண். ஆனால் 1960 கணக்கெடுப்பின்படி அந்த மாநிலத்தில் உயர்நிலைப் பள்ளி முடித்தவர்கள் வெள்ளை ஆண்களில் 34 சதவீதம், கறுப்பின ஆண்களில் 12 சதவீதம். பள்ளிகளை இனவாரியாகப் பிரித்து நடத்திய மாநிலம், வேறு என்ன ஆகும்.

13 பேர் வழக்குப் போட்டார்கள். கிரிக்ஸ் எதிர் டியூக் பவர், 1971. இந்த நிபந்தனைகளை வைத்ததில் நிறுவனத்துக்குக் கெட்ட எண்ணம் இருந்ததாகக் கீழ் நீதிமன்றங்கள் முடிவு செய்யவில்லை. பள்ளிப் படிப்பை முடிக்க விரும்பும் தொழிலாளிகளுக்குக் கட்டணத்தில் மூன்றில் இரண்டு பங்கை நிறுவனமே கொடுத்ததும் அதற்குச் சாதகமாகப் பேசியது. உச்ச நீதிமன்றம் அதை மறுக்கவே இல்லை. எண்ணம் நல்லதாகவே இருக்கட்டும், விளைவு என்ன என்று கேட்டது. சான்றிதழும் தேர்வும் இல்லாமல் முன்பே அந்தப் பிரிவுகளுக்குப் போனவர்கள் ஒழுங்காகத்தான் வேலை பார்த்துவந்தார்கள், அப்படியானால் அந்த வேலைக்கும் இந்தத் தேர்வுக்கும் என்ன சம்பந்தம்? பணித்தேவைதான் (‘பிசினஸ் நெசசிட்டி’) உரைகல் என்றார் தலைமை நீதிபதி பர்கர். (உரைகல் என்பது என் மினுக்கல் இல்லை, அவர் போட்ட சொல்லே அதுதான். இப்படித் தானாக வந்து உட்காரும் சொல் நமக்கு எப்போதாவதுதான் கிடைக்கிறது.)

> அந்தத் தீர்ப்பில் நரியும் கொக்கும் கதை வருகிறதே. கதையில் நரி வேண்டுமென்றேதானே தட்டில் ஊற்றிக் கொடுத்தது?

இந்த இழையில் வந்த நல்ல கேள்வி இதுதான். ஈசாப் கதையில் நரி குசும்புக்காரன், உண்மை. ஆனால் பர்கர் நரியின் குணத்தைத் தொடவே இல்லை. இருவருக்கும் பால் வைத்தேன் என்பது போதாது, பால் வைத்த பாத்திரம் எல்லோராலும் வாய்வைத்துக் குடிக்கக்கூடியதாக இருக்க வேண்டும் என்பதோடு நிறுத்திக்கொள்கிறார். தட்டு வைத்த நரி அப்பாவியாகவே இருந்தாலும் கொக்கின் வயிறு காலிதான்.

> ‘ஓரவஞ்சனை’ என்ற அழகான சொல் இருக்க, பாகுபாடு எதற்கு?

எனக்கும் ஆசைதான். ஆனால் பந்தியில் ஓரவஞ்சனை என்றால் பரிமாறுகிறவர் கண்ணால் ஆள் பார்த்துக் கரண்டியை ஆழமாக விடுகிறார் என்று பொருள். சொல்லுக்குள்ளேயே வஞ்சனை உட்கார்ந்திருக்கிறது. பாகுபாடு அப்படியில்லை, வெறும் வகைப்பாட்டுக்கும் அதைச் சொல்கிறோம். மனநிலையைச் சொல்லாத சொல் என்பதால்தான் இங்கே அது உதவுகிறது. வள்ளுவரின் ‘ஒருபால் கோடாமை’யிலிருந்து ‘கோட்டம்’ எடுக்கலாம் என்றவருக்கு: ஐயா, இலக்கணம் சரி, ஆனால் வருவாய்க் கோட்ட அலுவலகத்துக்கு மனு எழுதிப் பழகிய கை அதை எப்படிப் படிக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

என் முன்மொழிவு ‘விளைவுப் பாகுபாடு’. இதற்கு வந்த எதிர்ப்பு, எல்லாப் பாகுபாட்டுக்கும்தான் விளைவு உண்டு, இதற்கு மட்டும் என்ன தனியாக என்பது. தனியே பார்த்தால் நியாயம். ஆனால் இது ஜோடியாக வாழ்கிற சொல். ஆளைப் பார்த்து வேறு மாதிரி நடத்துவது நடத்துமுறைப் பாகுபாடு, எல்லோரையும் ஒரே மாதிரி நடத்தியும் ஒரு பக்கத்தார் மட்டும் அடிபடுவது விளைவுப் பாகுபாடு. இந்த ஜோடி வெறும் சொல்லழகு இல்லை. 1976-இல் வாஷிங்டன் எதிர் டேவிஸ் வழக்கில், காவலர் தேர்வில் கறுப்பினத்தவர் அதிகம் தோற்றார்கள் என்பது மட்டும் அரசியலமைப்பின் கீழ் போதாது, எண்ணத்தையும் காட்ட வேண்டும் என்று அதே நீதிமன்றம் சொன்னது. எந்தச் சட்டத்தில் விளைவு போதும், எதில் எண்ணமும் வேண்டும் என்பதில்தான் வழக்கே நிற்கிறது. இரண்டுக்கும் ‘பாரபட்சம்’ என்று எழுதினால் இந்தப் பத்தியை மொழிபெயர்க்கவே முடியாது, நான் முயன்று பார்த்துவிட்டேன்.

நம் உச்ச நீதிமன்றத் தீர்ப்பில் வைத்தும் உரசிப் பார்த்தேன். 2021 மார்ச்சில் வந்த நிதிஷா வழக்கு. ராணுவத்தில் பெண் அதிகாரிகளுக்கு நிரந்தரப் பணி தரும்போது ‘ஷேப்-1’ என்ற உடல்தகுதி கேட்டார்கள். ஆண்களுக்கும் அதே தகுதிதான். ஆனால் ஆண்களுக்கு அதைப் பார்த்தது பணியின் 5-ஆம் அல்லது 10-ஆம் ஆண்டில், பல பெண்களுக்கோ வயது நாற்பதைத் தாண்டிய பிறகு, வாய்ப்பே தாமதமாகத்தான் வந்தது என்பதால். இன்னொன்று அவர்களின் பணியை மதிப்பிடும் ஆண்டு ரகசிய அறிக்கைகள். இந்தப் பெண்களுக்கு நிரந்தரப் பணி கிடையாது என்றிருந்த காலத்தில் மேலதிகாரிகள் ஏனோதானோவென்று எழுதிவைத்தவை, பிறகு அவற்றையே எடைபோட்டார்கள். ‘ஷேப்-1 நிபந்தனை, பார்க்கும் வயது மாறியதால், பெண் அதிகாரிகள்மீது விளைவுப் பாகுபாடாக இறங்கியது’ என்று எழுதிப் பார்த்தேன், நாக்கில் தடுக்கவில்லை. ‘மறைமுகப் பாகுபாடு காட்டியது’ என்று எழுதினால் மறுபடியும் ராணுவத்தில் யார் ஒளிந்திருந்து செய்தது என்ற கேள்வி வந்து நிற்கிறது. அந்தக் ‘காட்டியது’ என்ற வினையைக் கவனியுங்கள். பாதி வினை அதனுடையது.

ஒரு விட்டுக்கொடுப்பு. அந்தத் தீர்ப்பு பேசுவது இன்டைரக்ட் டிஸ்கிரிமினேஷன் என்ற பெயரில்தான், ‘மறைமுகப் பாகுபாடு’ ஏற்கெனவே புழக்கத்திலும் இருக்கிறது. அதை அழிக்கச் சொல்லவில்லை, சொல்லடைவில் ‘காண்க: விளைவுப் பாகுபாடு’ என்று போட்டுவிடலாம்.

அப்புறம் ‘பணித்தேவை’ பற்றி இதுவரை யாரும் வாய் திறக்கவில்லை. முதலாளியின் வியாபாரத் தேவையா, அந்த வேலைக்கு வேண்டிய தேவையா? நான் இரண்டாவதை நினைத்துத்தான் போட்டேன், ஆனால் ‘தொழில் தேவை’ என்று மெய்ப்புப் பார்த்தவர் மாற்றி வைத்திருக்கிறார். அடுத்த வாரம் அச்சுக்குப் போகிறது, அதற்குள் சொல்லுங்கள்.