உதவி: கோள் சுத்திற கேம் என்ர போனில வெல்லுது, மச்சாளின்ர போனில தோக்குது

கவணன்
எல்லாருக்கும் வணக்கம். நாலு மாசமா கோடோட் எண்ட கேம் எஞ்சினில ஒரு புதிர் கேம் செய்துகொண்டிருக்கிறன். ஒரு சின்னக் கலம். அதை விரலால கெட்டப்போல் மாதிரி இழுத்து விடவேணும். இடையில கோள்கள் நிக்கும். அதுகளின்ர ஈர்ப்பில வளைஞ்சு போய் அங்கால நிக்கிற நிலவில இறங்கவேணும். ஒரு லெவலுக்கு 3 எறி.

முதல் கோடோட்டின்ர ரிஜிட்பொடியைத்தான் (எஞ்சினே கணக்குப் போட்டு நகர்த்திற பொருள்) பாவிச்சனான். வட்டமாச் சுத்த விட்டால் கலம் கொஞ்சம் கொஞ்சமா உள்ளுக்க இறங்கிக் கோளில விழுந்துது. காத்துக்கூட இல்லாத இடத்தில ஏன் விழுகுது எண்டு விளங்கேல்லை. அதைத் தூக்கிப்போட்டு ஈர்ப்பை நானே எழுதினன். இப்ப மற்றப் பக்கம். ஒவ்வொரு சுத்துக்கும் வட்டம் பெருத்து, 20 சுத்துக்குள்ள திரையை விட்டே போயிடுது. சரிச்சு எறிஞ்சால் பாதை செவ்வரத்தம்பூ இதழ் மாதிரிச் சுழண்டு சுழண்டு வருது. அது பார்க்க வடிவு, அதால விட்டுட்டன்.

ரெண்டாவது கரைச்சல் மச்சாளின்ர பழைய போன். என்ரது 120 ஹேர்ட்ஸ், செக்கனுக்கு 120 தரம் திரையை வரையும். ரெண்டையும் மேசையில வைச்சு, அடிமட்டம் பிடிச்சு ஒரே அளவு இழுத்தம். எனக்கு நிலவில இறங்கினது, அவளுக்குக் கோளில மோதினது. "களவுக் கேம்" எண்டு சொல்லிப்போட்டுப் போயிட்டாள்.

மூண்டாவதுதான் மனசை உடைச்சது. 9ஆம் லெவலில மூண்டு கோள். செய்த எனக்கே 50 எறிக்கு ஒருக்காத்தான் சரிவருது. நான் படிப்பிக்கிற ரியூசன் பெடியளிட்டக் குடுத்தன். பத்து எறிக்குப் பிறகு போனை வைச்சிட்டுக் கிரிக்கெட்டுக்கு ஓடிட்டாங்கள். ஒருத்தன் மட்டும் கண்ணை மூடிக்கொண்டு இழுத்தான். வெண்டிட்டான். கஷ்டமான புதிர் எண்டால் பரவாயில்லை. இது புதிரே இல்லையோ?

அளவெட்டிக் கோடர்
தம்பி, ரெண்டு கேள்வி. கலத்தை நகர்த்திற கோட் சாதாரண புரோசெஸ்ஸிலயா (திரை வரையிற ஒவ்வொரு பிரேமுக்கும் ஓடுறது), பிசிக்ஸ் புரோசெஸ்ஸிலயா (எப்பவும் ஒரே நேர இடைவெளியில ஓடுறது)? ஒவ்வொரு தடவையும் முதலில எதை மாத்திறீர், இடத்தையா வேகத்தையா?

ரிஜிட்பொடி விழுந்த காரணத்தை இப்பவே சொல்லலாம். புரொஜெக்ட் செற்றிங்ஸில லீனியர் டாம்ப் எண்டு ஒண்டு இருக்கு. நீர் தொடாட்டி அது 0.1. விண்வெளி முழுக்க மெல்லிசாத் தேன் பூசி வைச்சிருக்கு எண்டு நினையும். 0 ஆக்கியிருந்தால் அந்த இறக்கம் நிண்டிருக்கும்.

கவணன்
சாதாரண புரோசெஸ்தான் அண்ணை. டெல்ராவால, அதுதான் முந்தின பிரேமுக்குப் பிறகு கழிஞ்ச நேரத்தால, பெருக்கிறன்தானே, அது காணும் எண்டு நினைச்சன். ஈர்ப்பைத் தொடக்கத்திலயே கணக்கிட்டு வைச்சிடுவன். பிறகு முதல் இடம், அடுத்தது வேகம்.

அளவெட்டிக் கோடர்
நினைச்சன். செக்குமாடு ஒவ்வொரு அடியையும் நேரா வைச்சுப்போட்டுப் பிறகு திரும்புது எண்டு வையும். ஒவ்வொரு அடிக்கும் அது வட்டத்துக்குக் கொஞ்சம் வெளியில நிக்கும். உம்மட கலம் செய்யிறதும் அதுதான். பழைய வேகத்தால இடத்தையும், பழைய இடத்து ஈர்ப்பால வேகத்தையும் மாத்தினால் ஒவ்வொரு பிரேமுக்கும் இல்லாத சக்தி கொஞ்சம் கூடுது. ரெண்டு வரியையும் இடம் மாத்தும். முதல் வேகம், பிறகு அந்தப் புது வேகத்தால இடம். பிழை முழுசாப் போகாது, கொஞ்சம் கூடிக் குறைஞ்சு ஆடும். ஆனால் சேர்ந்துகொண்டே போகாது.

டெல்ராவால பெருக்கினால் காணும் எண்டதுதான் எல்லாரும் விழுற கிணறு. 120 ஹேர்ட்ஸ் போனில அடி சின்னன், பிழையும் சின்னன். பழைய போன் சூடாகிப் பிரேம் விட்டால் அடி பெரிசு, பிழையும் பெரிசு. ஒரே எறிக்கு ரெண்டு பாதை. பிசிக்ஸ் புரோசெஸ்ஸுக்கு மாத்தும், அது எந்தப் போனிலயும் செக்கனுக்கு 60 தரம் ஒரே அடி வைக்கும். இழுத்த தூரத்தையும் பிக்சலில எடுக்காதையும். அடிமட்டத்தில ஒரே அளவெண்டாலும் ரெண்டு திரையிலயும் பிக்சல் எண்ணிக்கை வேற. கேமின்ர சொந்த அலகுக்கு மாத்தி, கோணத்தை அரைப் பாகைக்கும் வேகத்தைச் சின்னப் படிகளுக்கும் ஒட்டிவிடும், இடையில வாறது கிட்ட இருக்கிற படிக்குப் போகட்டும். மச்சாளிட்ட மன்னிப்புக் கேளும், அவ சொன்னது சரி.

மஞ்சள்நிலா
கோட் பற்றி எனக்கு அவ்வளவு தெரியாது, கேம் வரைஞ்சு குடுக்கிற ஆள் நான். மூண்டாவது கேள்வியை மட்டும் எடுக்கிறன்.

கரம் போட்டில தோத்தால் ஆருக்கும் கோவம் வராது. காய் எங்க நிக்குது, விளிம்பில பட்டால் எங்கால திரும்பும், எல்லாம் கண்ணுக்கு முன்னால. தாயக்கட்டையில தோத்தால் கட்டையைத்தான் திட்டுவம். தம்பியின்ர 9ஆம் லெவல் கரம் போட் வேசம் போட்ட தாயக்கட்டை. அதுதான் கண்ணை மூடினவன் வெண்டவன்.

இதை ஊகிக்கத் தேவையில்லை, அளக்கலாம். கணினியை விட்டு எல்லா எறியையும் எறிஞ்சு பாருங்கோ. அரைப் பாகைக்கு ஒண்டா 720 கோணம், 50 வேகப் படி எண்டால் 36,000 எறி. ஒரு எறி 20 செக்கன் ஓடினால் 1,200 அடி. மொத்தம் 4 கோடியே 32 இலட்சம் அடி. திரையில ஒண்டும் வரையாமல் இரவு ஓடவிட்டால் சரி. பிறகு கோணத்தைக் குறுக்கால, வேகத்தை நெடுக்கால வைச்சு, வெண்ட எறிக்கெல்லாம் ஒரு புள்ளி குத்துங்கோ. புள்ளியள் ஒரு திட்டாச் சேர்ந்து நிண்டால் அது புதிர். பக்கத்தில பிழைச்சவன் அடுத்த எறியில கிட்ட வருவான். மழைக்கு முளைச்ச காளான் மாதிரி அங்க ஒண்டு இங்க ஒண்டு எண்டால், நேற்றுக் கிட்டடியில பிழைச்சது இண்டைக்கு உதவாது. அதில படிக்க ஒண்டும் இல்லை.

பாதையைக் காட்டுறீங்களா? முழுசாக் காட்டினால் புதிர் செத்துப்போம். நான் எண்டால் முதல் 2 செக்கனுக்கு மட்டும் புள்ளிக்கோடு போட்டு, முந்தின எறியின்ர பாதையை மங்கலா விடுவன்.

அளவெட்டிக் கோடர்
அந்தப் புள்ளிக்கோட்டுக்குத் தனிக் கணக்கு எழுதாதையும் தம்பி. கலத்தை நகர்த்திற அதே பங்ஷன், அதே அடி. கோடு ஒண்டு சொல்லிக் கலம் இன்னொண்டு செய்தால் களவுக் கேம் எண்ட பேர் நிலைச்சிடும். மூண்டு கோளும் ஒரே நேரத்தில இழுக்கிறது கரைச்சல் எண்டால், ஒவ்வொரு கோளுக்கும் ஒரு வட்டம் கீறி, கலம் எந்த வட்டத்துக்குள்ளயோ அந்தக் கோள் மட்டும் இழுக்கட்டும். 2012இல வந்த ஆங்ரி பேர்ட்ஸ் ஸ்பேஸிலயும் ஈர்ப்பு எங்க தொடங்குது எண்டு வட்டமாத் தெரியும். வெளியில நேர்கோடு, உள்ளுக்க வளைவு.

ஓய்வுபெற்ற பௌதிகம்
இரவில் நித்திரை வராமல் வாசித்தேன், நல்ல முயற்சி. முப்பது வருடம் உயர்தரத்துக்குப் பௌதிகவியல் படிப்பித்தவன் என்ற முறையில் அந்த வட்ட யோசனை எனக்குப் பிடிக்கவில்லை. ஈர்ப்புக்கு வேலி கிடையாது. ஆனாலும் உண்மையான விண்கலப் பயணங்களுக்கே முதற் கணக்கை அப்படித்தான் போடுகிறார்கள், எனவே சண்டை பிடிக்க மாட்டேன். தூரங்களைச் சுருக்குவதிலும் எனக்கு ஆட்சேபம் இல்லை. சூரியனை ஒரு சென்ரிமீற்றர் வரைந்தால் பூமியை ஒரு மீற்றருக்கும் அப்பால் வைக்க வேண்டிவரும். எந்தப் போனில் வைப்பது?

கவணன் கவனிக்க வேண்டியது விரலை இழுக்கும் அளவு. கோளுக்குப் பக்கவாட்டில் எறிகிறீர் என்று வைத்துக்கொள்வோம். வட்டமாகச் சுற்றத் தேவையான வேகத்தை 1 என்க. 1.1 மடங்கு எறிந்தால் கலம் ஏறக்குறைய ஒன்றரை மடங்கு தூரம் வரை போய்த் திரும்பும். 1.2 என்றால் 2.6 மடங்கு. 1.3 என்றால் ஐந்தரை மடங்கு. 1.4 என்றால் 49 மடங்கு! 1.41ஐத் தாண்டினால், அதாவது 2இன் வர்க்கமூலம், அதுதான் தப்பல் வேகம், திரும்பி வரவே வராது. சுவாரசியம் எல்லாம் 1க்கும் 1.3க்கும் இடையிலேயே ஒடுங்கிக் கிடக்கிறது. உமது விரல் 0 முதல் 3 வரை போகிறதென்றால் பாதிக்கு மேல் வீண். விரல் நீளத்தை வேகத்துக்குக் கொடாமல், கலம் எட்டப்போகும் தூரத்துக்குக் கொடும். வேகத்தை நீர் உள்ளே கணக்கிடும்.

அதற்கு முன் ஒரு சோதனை. ஒரு கலத்தை ஒரு தூரத்திலும், இன்னொன்றை அதன் நாலு மடங்கு தூரத்திலும் வட்டமாகச் சுற்றவிடும். உள்ளே இருப்பது 8 சுற்றுச் சுற்றும்போது வெளியே இருப்பது 1 சுற்று முடிக்க வேண்டும். சுற்றும் காலத்தின் வர்க்கம் தூரத்தின் கனத்துக்கு (தூரத்தை மூன்று தரம் பெருக்கியது) விகிதசமம் என்று 1619இல் கெப்ளர் சொன்னது. நம் வீட்டுக் கிழவிகளுக்கும் இதில் பாதி தெரியும். ஏழரைச் சனி என்றால் மூன்று ராசி, ராசிக்கு இரண்டரை வருடம். பன்னிரண்டு ராசிக்கும் பெருக்கிப் பாரும், 30. பூமியைவிட ஒன்பதரை மடங்கு தூரத்தில் இருக்கும் சனி சூரியனைச் சுற்ற எடுப்பது 29.5 வருடம்.

கவணன்
சேர், சோதனை செய்து பார்த்தன். 8 வரேல்லை, 4தான் வருது! நாலு தரம் பார்த்திட்டன். அண்ணை சொன்ன மாதிரி ரெண்டு வரியையும் மாத்திப்போட்டுத்தான் செய்தனான். வட்டம் இப்ப பெருக்கேல்லை, 500 சுத்து நிண்டுது. ஆனால் செவ்வரத்தம்பூ இன்னும் போகேல்லை.

அளவெட்டிக் கோடர்
ஐயோ, அந்தப் பூவை நான் முதலே பிடிச்சிருக்கவேணும். அதுவும் வரி மாறினதால எண்டு நினைச்சுத் தாண்டிப் போயிட்டன். தம்பி, கோளுக்கும் கலத்துக்கும் இடையில உள்ள காவியை (வெக்டர், திசையும் நீளமும் உள்ள அம்புக்குறி) எதால பிரிக்கிறீர்?

கவணன்
தூரத்தின்ர வர்க்கத்தால. நியூட்டன் அப்பிடித்தானே சொன்னவர்?

அளவெட்டிக் கோடர்
அந்தக் காவியின்ர நீளமே தூரம்தானே. வர்க்கத்தால பிரிச்சால் மேல ஒரு தூரம், கீழ ரெண்டு தூரம், மிச்சம் ஒண்டு. உம்மட ஈர்ப்பு தூரத்துக்குத்தான் நேர்மாறாக் குறையுது, வர்க்கத்துக்கு இல்லை. தூரத்தின்ர கனத்தால பிரியும், இல்லாட்டி முதல் காவியின்ர நீளத்தை 1 ஆக்கிப்போட்டு வர்க்கத்தால பிரியும்.

ஓய்வுபெற்ற பௌதிகம்
அதேதான். அப்படிப்பட்ட ஈர்ப்பில் எந்தத் தூரத்திலும் வட்ட வேகம் ஒன்றே, ஆகவே நாலு மடங்கு தூரத்துக்கு நாலு மடங்கு நேரம். நீள்வளையம் மூடாது, பூவாகத்தான் சுழலும். எவ்வளவு வேகமாக எறிந்தாலும் கலம் தப்பவும் முடியாது. அழகாகப் பிழைத்திருக்கிறீர்.

பரிசாக ஒரு லெவல் தருகிறேன். இரு கலங்கள் ஒரே ஒழுக்கில் (சுற்றுப்பாதையில்), ஒன்று முன்னே, ஒன்று பின்னே. முன்னதைப் பிடிக்க வேண்டும். எல்லோரும் முன்னோக்கி உந்துவார்கள், ஒழுக்கு பெரிதாகி இன்னும் பின்தங்குவார்கள். பின்னோக்கி உந்தி, கீழே இறங்கி, சுற்றும் நேரத்தைக் குறைத்தால்தான் பிடிக்கலாம். 1965 யூன் மாதம் அமெரிக்காவின் ஜெமினி 4 விண்கலத்தில் ஜேம்ஸ் மக்டிவிட், கழன்றுபோன ரொக்கெட் பகுதியை நெருங்க அதை நோக்கியே உந்திப் பார்த்தார். அது எட்டவே இல்லை. எரிபொருள் போதாமல் கைவிட்டார்கள். விண்வெளி வீரரே தோற்ற லெவல் என்றால் பெடியளுக்குத் தோற்க வெட்கம் இராது.

மஞ்சள்நிலா
சேர், அந்த லெவலில முந்தின எறியின்ர மங்கல் கோடு கட்டாயம் வேணும். முன்னுக்குத் தள்ளினது எப்பிடிப் பின்னுக்குப் போச்சுது எண்டு கண்ணால காணாட்டி, திருப்பியும் களவுக் கேம் எண்டுதான் சொல்லுவினம்.

கவணன்
ஒரு கிழமைக்குப் பிறகு வாறன். கனத்தால பிரிச்சன், 8 வந்திட்டுது சேர். பூவும் போட்டுது, கொஞ்சம் கவலைதான். ரெண்டு போனிலயும் ஒரே எறி ஒரே இடத்தில விழுகுது. மச்சாள் அடிமட்டத்தோட வந்து பார்த்திட்டுத்தான் நம்பினவள்.

9ஆம் லெவலுக்கு வரைபடம் எடுத்தன். அக்கா சொன்ன காளானேதான். எறியளில பெரும்பாலானது நடுக்கோளை உரசிக்கொண்டு போகுது. அந்த உரசலில கோணம் அரைப் பாகை மாறினாலும் பாதை எங்கயோ போகுது. நடுக்கோளைத் தூக்கினன், வலப்பக்கம் ஒரு பெரிய திட்டு வந்துது. கண்ணை மூடினவனிட்டத் திருப்பிக் குடுத்தன். அஞ்சு தரம் கண்ணை மூடித் தோத்தான். பிறகு கண்ணைத் திறந்து ஏழாவது எறியில வெண்டான்.

இப்ப புதுக் கரைச்சல். விரல் நீளத்தைச் சேர் சொன்ன மாதிரித் தூரத்துக்குக் குடுத்து, கோணத்தை அரைப் பாகைக்கு ஒட்டிவிட்டதால விடையைச் சொல்லிக் குடுக்கலாம். ஒருத்தன் கண்டுபிடிச்சு, "47.5, தூரம் 2.6" எண்டு வகுப்புக் குறூப்பில போட்டிட்டான். அடுத்த நாள் முழு வகுப்பும் 12ஆம் லெவல் முடிச்சிட்டுது. இதுக்கு என்ன செய்யலாம்?

அளவெட்டிக் கோடர்
ஒவ்வொரு ஆளுக்கும் கோள்களை வேற கோணத்தில திருப்பி வைச்சுத் தொடங்கலாம். படம் முழுக்கச் சேர்ந்து திரும்பினால் பௌதிகம் மாறாது, விடை மட்டும் மாறும். பத்து நிமிசத்து வேலை.

மஞ்சள்நிலா
அப்பிடித் திருப்பினாலும் 2.6 மாறாதே அண்ணை.

ஓய்வுபெற்ற பௌதிகம்
மாறாது. 2.6 வரை கேட்டுத் தெரிந்துகொண்டவன் கோணத்தைத் தானே கண்டுபிடிக்கட்டும். என் வகுப்பிலும் பாதிப் புள்ளி அப்படித்தான் போட்டேன்.